ஹாஜி தசூக்கி ஜின் விரட்டிய வரலாறு

அலெக்ஸாந்திரியாவை நிறுவிய மன்னனுக்கு ஒரு நகரமே பெயராக மிஞ்சியது. அதே நகரத்தின் கடற்கரைச் சாலையில், நான்கு மாடிக் கட்டடம் ஒன்றை வேண்டாத ஆவிகளிடமிருந்து மீட்பதற்காகத் தன் மன அமைதியையும் இடுப்பெலும்பையும் பணயம் வைத்த ஹாஜி தசூக்கியின் பெயரில் ஒரு முட்டுச்சந்துகூட இல்லை. இந்த அநியாயத்தைச் சரிசெய்யவே எழுதுகிறேன். நான் அந்தக் கட்டடத்தின் 'நிர்வாகச் செயலாளர்'. வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பவனைப் பொதுமக்கள் வாட்ச்மேன் என்கிறார்கள். பொதுமக்களுக்குப் பதவிகளின் நுணுக்கம் தெரியாது.

ஹாஜி கட்டடத்தின் உரிமையாளர். குடியிருப்போர் மீது அவர் வைத்திருந்த அன்புக்கு அளவே கிடையாது. அவர்கள் எல்லோரும் நல்ல இடத்தில் வாழ வேண்டும் என்று ஆசைப்பட்டார். அதாவது, வேறு இடத்தில். ஒரு ஹோட்டல் கம்பெனியார் வந்து கட்டடத்தை நாடா பிடித்து அளந்துவிட்டுப் போன அதே வாரத்தில் இந்த ஆசை பொங்கியது தற்செயல்தான். பழைய வாடகை ஒப்பந்தத்தில் இருப்பவர்களை வெளியே போகச் சொல்வது ஹாஜியால் ஆகாத காரியம். ஜின்களால் ஆகும். ஜின்கள் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவை அல்ல.

ஆகவே ஜின்கள் வந்தன.

மிக ஒழுங்கான ஜின்கள். காலை பத்து மணிக்குத் தொடங்கும். நண்பகல் லுஹர் தொழுகைக்கு இடைவேளை. நான்கு மணிக்கு முடிவு. வெள்ளிக்கிழமை விடுமுறை. குளியலறைகளுக்கு நடுவே உள்ள காற்றுச் சந்தில் சங்கிலி இழுபடும். சுவரை யாரோ தட்டுவார்கள். ஒரு குரல் 'ஊ...' என்னும். இந்த நேர அட்டவணை என் பணி நேரத்தோடு ஒத்துப்போனதும் தற்செயல்தான். இரண்டே மாதத்தில் இரண்டாம் மாடிப் பல் மருத்துவர் போனார். நான்காம் மாடியில் இரண்டு குடும்பங்கள் போயின. முதல் மாடித் தையற்காரர் போகிற வேகத்தில் தன் தையல் இயந்திரத்தை மறந்துவிட்டுப் போனார்.

மூன்றாம் மாடியில் மேடம் இன்ஸாஃப் மட்டும் மிஞ்சினார். இன்ஸாஃப் என்றால் நீதி. எங்கள் கட்டடத்தில் நீதி மூன்றாம் மாடியில் இருந்தது. லிஃப்ட் வேலை செய்யவில்லை. பத்திரப் பதிவு அலுவலகத்தில் முப்பத்து மூன்று வருடம் முத்திரை குத்தி ஓய்வு பெற்றவர் அவர். பயம் அவருக்குள் நுழைய வேண்டுமென்றால் மூன்று பிரதிகளில் விண்ணப்பிக்க வேண்டும்.

ஒரு நாள் மீன் வாங்கிக்கொண்டு படியேறும்போது என்னிடம் நின்றார்.

"அஃபீஃபி, உங்க ஜின்னுக்கு நெஞ்சுல சளி கட்டியிருக்கு போல. நேத்து பூரா இருமுதே."

"கடல் காத்து, மேடம். அவங்களுக்கும் ஒத்துக்காது."

"சிகரெட்டைக் குறைச்சுக்கச் சொல்லு. சோம்பு போட்டுக் கொதிக்கவெச்சுக் குடிச்சா தேவலையாகும்."

இருமலை மட்டும் விட்டுவிட்டு, மேடம் பயப்படவில்லை என்பதை ஹாஜியிடம் அறிக்கையாகச் சமர்ப்பித்தேன். "அந்தம்மா படிச்சவங்க. சங்கிலிக்கெல்லாம் மசியாது. படிச்ச ஆளைத்தான் கூட்டியாரணும்" என்றார் ஹாஜி.

இப்படித்தான் டாக்டர் நெஸ்ரின் வந்தார். எதில் டாக்டர் என்று கேட்பது நாகரிகமல்ல. அவருடைய அட்டையில் 'இல்லச் சக்தி ஆலோசகர்' என்று தங்க எழுத்தில் இருந்தது. கையில் வளைந்த இரண்டு செம்புக் கம்பிகள். பையில் சாம்பிராணி, கிண்ணங்கள், வெளிநாட்டுக் கடல் உப்பு. ஜன்னலைத் திறந்தால் கடல் தெரியும் வீட்டுக்கு உப்பை விமானத்தில் வரவழைத்ததிலேயே அவருடைய தகுதி எனக்குப் புரிந்துவிட்டது.

மேடம் இன்ஸாஃபின் கூடத்தில் 'ஆய்வு' நடந்தது. ஹாஜி தஸ்பீஹ் மணியை உருட்டியபடி சோபாவில் அமர்ந்தார். மேடம் எல்லோருக்கும் தேநீர் கொடுத்தார். டாக்டர் கண்ணை மூடிக்கொண்டு கம்பிகளை நீட்டினார். கம்பிகள் நடுங்கின, சமையலறைப் பக்கம் திரும்பின.

"இங்க பயங்கரமான அழுத்தம் இருக்கு!"

"அது குக்கர், டாக்டரம்மா. பீன்ஸ் வேகுது."

டாக்டர் அசரவில்லை. கம்பிகளை மேலே தூக்கினார், கீழே இறக்கினார். "ஏழு பேர்" என்றார்.

"பேரு?"

"சக்திகளுக்குப் பேரெல்லாம் கிடையாது, மேடம்."

"எப்பலேருந்து இருக்காங்க?"

டாக்டர் ஹாஜியைப் பார்த்தார். ஹாஜி தாராளமாகத் தலையாட்டினார்.

"கட்டடம் கட்டறதுக்கு முன்னாடிலேருந்தே."

"அப்ப எனக்கு முன்னாடி குடிவந்தவங்க."

"ஆமா. அதனால நீங்கதான் விட்டுக்கொடுக்கணும். அவங்க நகர மாட்டாங்க."

"என்னைக்குமே?"

"என்னைக்குமே!" என்று ஹாஜியே பதில் சொன்னார். ஆர்வம் தாங்கவில்லை அவருக்கு.

மேடம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நீளமாக ஒரு பெருமூச்சு விட்டார். "சரி ஹாஜி. தன்தா ஊர்ல என் தங்கச்சி வீடு இருக்கு. அங்க போயிடறேன். ஆனா சும்மா போனா, கிழவிக்குப் புத்தி பேதலிச்சுப் போச்சுன்னு தெருவே சிரிக்கும். இங்க ஜின் இருக்குன்னு ஒரு தாள்ல எழுதிக் குடுத்துடுங்க."

ஹாஜியின் கண்கள் கலங்கின. "எழுதுங்க டாக்டரம்மா! நானும் கையெழுத்துப் போடறேன்! அஃபீஃபி சாட்சி!"

வாசகத்தை மேடமே சொல்லச் சொல்ல டாக்டர் எழுதினார். 'மேற்படி கட்டடத்தில் மனிதரல்லாத ஏழு குடியிருப்போர் நிரந்தரமாகவும் முன்னுரிமையுடனும் வசித்துவருவதை, கட்டட உரிமையாளராகிய நான் முழு மனதுடன் அறிந்து ஒப்புக்கொண்டு...' அவ்வளவு அழகான நடையை ஹாஜி தன் வாழ்நாளில் கேட்டதில்லை. ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்திட்டார். கேட்காமலே கட்டைவிரல் ரேகையும் வைத்தார்.

மறுநாள் காலை மேடம் ஒரு பையோடு டிராம் ஏறினார். ரயிலடிக்குப் போகிறார் என்று நினைத்து நான் கையசைத்தேன். மதியம் மீனோடு திரும்பி வந்தார்.

"மேடம், தங்கச்சி வீட்டுக்குப் போகலியா?"

"தங்கச்சி இருந்தா போயிருப்பேன், அஃபீஃபி." படியில் கால் வைத்தவர் நின்றார். "யாருமில்ல. இந்தக் கதவுதான் எனக்கு."

அன்று நான் ஜின்களுக்கு அரை நாள் விடுப்பு கொடுத்தேன்.

அந்தப் பை போன இடம் பத்திரப் பதிவு அலுவலகம். அங்கே இப்போதைய தலைமை அதிகாரிக்கு முத்திரை பிடிக்கக் கற்றுக்கொடுத்ததே மேடம்தானாம். தாள் பதிவாகி, கட்டடத்தின் கோப்போடு தைக்கப்பட்டுவிட்டது. ஒரு வாரம் கழித்து அந்தக் கோப்பைப் புரட்டிய ஹோட்டல் கம்பெனி வக்கீல் தொலைபேசியில் கூப்பிட்டார். ஹாஜிக்குக் காது கொஞ்சம் மந்தம்; வக்கீலின் குரல் அறை முழுக்கக் கேட்டது.

"கட்டடம் காலின்னீங்களே ஹாஜி? ஏழு பேர் குடியிருக்காங்கன்னு நீங்களே எழுதிக் குடுத்திருக்கீங்க!"

"அவங்க மனுஷங்க இல்லப்பா, ஜின்னுங்க!"

"அது அதைவிட மோசம். வர்ற விருந்தாளி நிம்மதியாத் தூங்க வேணாமா?"

ஒரு மணி நேரம் கெஞ்சிய பிறகு கம்பெனி ஒரு சலுகை தந்தது. உரிமையாளர் அதே கட்டடத்தில் நாற்பது நாள் குடியிருந்து, சுகமாக வெளியே வந்தால், ஜின்கள் போய்விட்டதாக எடுத்துக்கொள்வார்களாம். பதினெட்டு வருடத்தில் அந்த ஆய்வுக்கு மட்டுமே கட்டடத்தின் படியைத் தாண்டி உள்ளே வந்திருந்த ஹாஜி, மெத்தையோடும் தலையணையோடும் பல் மருத்துவர் விட்டுப்போன வீட்டில் குடியேறினார். என்ன துணிச்சல்!

முதல் நாள் காலை. வேகவைத்த மொச்சையும் ரொட்டியும் தட்டில் ஏந்திப்போய் அவர் முன்னால் நின்றேன். சுவருக்குள் ஏதோ உறுமியது. டம் என்று இடித்தது. பிறகு, 'ஊ...'

"நிறுத்துடா அஃபீஃபி! இப்ப எதுக்குடா?"

"ஹாஜி... நான் தட்டோட உங்க எதிர்லதான் நிக்கறேன்."

ஹாஜி என்னைப் பார்த்தார். சுவரைப் பார்த்தார். தஸ்பீஹ் மணி கீழே விழுந்தது. இரண்டு மாதமாக நான் யாருக்காகக் குரல் கொடுத்தேனோ அவர்கள் நேரில் வந்துவிட்டார்கள் என்றுதான் நினைத்தேன்.

சத்தம் கேட்டு மேடம் இறங்கி வந்தார். "பயப்படாதீங்க ஹாஜி. அது தண்ணிக் குழாய். பதினோரு வருஷமா மனு குடுத்தேனே, அதே குழாய்."

மறுநாள் கூரைக் காரை பெயர்ந்து ஹாஜியின் தேநீரில் விழுந்தது. "அதுவும் மனுவுல இருக்கு" என்றார் மேடம். மூன்றாம் நாள் உடைந்த படி அவரை இடுப்போடு கீழே இறக்கியது. "இது இரண்டாவது மனு." தூக்கிக்கொண்டு போக லிஃப்ட் இல்லை. அது எத்தனையாவது மனு என்று கேட்கும் நிலையில் ஹாஜி இல்லை.

இன்னும் முப்பத்தேழு நாள் பாக்கி. படுத்த படுக்கையிலிருந்தே கத்தினார்: "குழாய்க்காரனைக் கூப்புடு! கொத்தனாரைக் கூப்புடு! அந்த லிஃப்டை ஓட வை!" ஒன்பதே நாளில் குழாய் மாறியது, படி எழுந்தது, லிஃப்ட் ஏறியது, இறங்கியது. மேடம் அதில் மூன்று முறை சும்மாவே போய்வந்தார். செய்தி கேட்டுத் தையற்காரர் தன் இயந்திரத்தைப் பார்க்க வந்தார், பார்த்தார், அங்கேயே உட்கார்ந்து ஒரு சட்டை தைக்கத் தொடங்கிவிட்டார்.

பன்னிரண்டாம் நாள் ஹோட்டல் கம்பெனி பக்கத்துத் தெருவில் வேறு கட்டடம் வாங்கிவிட்டதாகச் செய்தி வந்தது. ஹாஜி மெத்தையைக் காரின் தலையில் கட்டச் சொன்னார், இடுப்பைப் பிடித்தபடி ஏறினார், போனார். தன் கட்டடத்தை இவ்வளவு சீர் செய்து, தன்னையே வெளியேற்றிக்கொண்ட உரிமையாளர் உலக வரலாற்றில் வேறு யார்?

அன்று பிற்பகல் டாக்டர் நெஸ்ரின், மேடம் வீட்டில் விட்டுப்போன தன் உப்புக் கிண்ணங்களை எடுத்துப்போக வந்தார். பழக்கதோஷத்தில் கூடத்தின் நடுவே கம்பிகளை நீட்டினார். அவை அசையவே இல்லை. டாக்டரின் முகம் மாறியது. தன் கருவி உண்மையிலேயே எதையோ சொல்கிறது என்ற அதிர்ச்சி அதில் தெரிந்தது.

"மேடம்! பெரிய பாரம் ஒண்ணு வெளிய போயிருக்கு!"

"பன்னெண்டரை மணிக்கு" என்றார் மேடம். "கார்ல."

"ஆனா இருங்க... இன்னும் ஒண்ணு இருக்கே. சின்னது." கம்பிகள் மெல்லத் திரும்பின. சோபாவைத் தாண்டின. ஜன்னலைத் தாண்டின. கதவோரம் நின்றிருந்த என் நெஞ்சுக்கு நேரே வந்து நின்றன. எனக்கு இருமல் வந்தது. அடக்கப் பார்த்தேன், முடியவில்லை.

"விரட்டிடவா, மேடம்?"

மேடம் இன்ஸாஃப் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"வேணாம், இருக்கட்டும் டாக்டரம்மா. அதால கெடுதல் செய்யத் தெரியாது. யார் சம்பளம் குடுக்கறாங்களோ அவங்களுக்காகச் சத்தம் மட்டும் போடும்."