செத்தவர் வைத்த கையெழுத்து செல்லுமா?

சிவமயம்

ஸ்ஃபெர்ராகவால்லோ, பலெர்மோ
18.02.1996

அன்பும் மதிப்பும் நிறைந்த ஆனந்தராசா அத்தான் அவர்களுக்கு,

நான் இங்கே உயிரோடு இருக்கிறேன் என்பதை முதல் வரியிலேயே எழுதிவிடுகிறேன். நலமாக இருக்கிறேனா என்பதைக் கடிதத்தை முழுக்க வாசித்துவிட்டு நீங்களே முடிவுசெய்யுங்கள். உங்கள் சுகத்துக்கும் ரதி அக்காவின் முழங்காலுக்கும் நல்லூர்க் கந்தனை நாள்தோறும் வேண்டிக்கொள்கிறேன்.

நீங்கள் அனுப்பிய படம் போன கிழமை கிடைத்தது. அத்தான், நீங்கள் படித்த மனிதர், மெல்பேர்னில் கந்தோர் உத்தியோகம் பார்க்கிறவர். ஆனால் கடிதம் என்றால் எழுத்துக்கு இவ்வளவு என்று யாரோ உங்களிடம் வரி வாங்குவதுபோல எழுதுகிறீர்கள். படத்தின் பின்னால் "இவர்தானே ஆள்? மிகுதி பிறகு" என்று நான்கு சொல். அந்த மிகுதியை அன்றைக்கே எழுதியிருந்தால் எனக்கு நான்கு நாள் காய்ச்சல் வந்திருக்காது, இந்த வீட்டில் பியர்ப் போத்தலுக்கு முன்னால் கற்பூரமும் எரிந்திருக்காது.

நான் உங்களிடம் கேட்டது சின்ன உதவி. நெவில் என்கிற அவுஸ்திரேலியர் வீட்டில் சமையல், துப்புரவு எல்லாம் நான்தான் என்று எழுதியிருந்தேன். அவர் இங்கே ஒரு சின்னக் கழகத்துக்குக் கூடைப்பந்து விளையாடுகிறவர். அந்தச் சம்பளம் காணாது என்று பின்னேரங்களில் நகரத்துக்குள் பொலிதேயாமாவில் ஆங்கிலம் படிப்பிக்கிறார். கழகத்தின் ஜேர்சிகளையும் நான்தான் தோய்க்கிறேன். இந்த வருடம் இத்தாலி அரசாங்கம் எங்களைப்போல ஆட்களுக்குப் பெர்மெசோ என்கிற வதிவிட அனுமதி கொடுக்கிறது. அதற்கு முதலாளி கையெழுத்து வைக்க வேண்டும், பிறகு பொலிஸ் கந்தோராகிய கொஸ்தூராவுக்குத் தானே நேரில் வரவேண்டும். எங்களுக்கு மார்ச் 5 என்று நாள் தந்திருக்கிறார்கள். அந்தக் கடதாசி கிடைத்தால்தான் குகனேஸ்வரியையும் பிள்ளை பிரசாந்தினியையும் கூப்பிடலாம். ஒக்டோபரில் ஊரே எழும்பி நடந்தபோது அவர்களும் நடந்து, இப்போது கொடிகாமத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் இருப்பதாகக் கேள்வி. நான் இங்கே வந்து ஒரு வருடத்தில் எழுதிய ஆறு கடிதத்துக்கும் பதில் இல்லை. இப்படியிருக்க, என் குடும்பமே தொங்குகிற கையெழுத்தை வைக்கிற மனிதர் எப்படிப்பட்டவர் என்று விசாரிப்பது நியாயம்தானே? மாப்பிள்ளை பார்க்கும்போது எட்டு வீட்டில் விசாரிக்கிற குடும்பம் நாங்கள். அவருடைய ஊர் உங்களுக்கு இரண்டு மணித்தியால ஓட்டம் என்றபடியால் போய்ப் பார்க்கச் சொன்னேன். நீங்களும் போயிருக்கிறீர்கள், அதற்கு நன்றி.

படத்தை நான் குசினியில் நின்று பிரித்தேன். பகல் பதினொரு மணி. ஆபிரிக்காப் பக்கமிருந்து வருகிற சுடுகாற்று இரண்டு நாளாக வீசி, சிவப்புத் தூசு கடலையும் மூடி, வீதியில் ஒரு சனமும் இல்லை. மேலே மொட்டைமாடியில் நெவில் வழமைபோலப் பந்து தட்டிக்கொண்டிருந்தார். படத்தில் ஒரு மண்டபச் சுவர். சுவரில் கறுப்புச் சட்டம் போட்ட நெவிலின் படம். அதே மீசை, அதே கோணல் மூக்கு. அவருடைய பதினான்காம் இலக்க ஜேர்சியைக் கண்ணாடிக்குள் பூட்டி வைத்திருந்தார்கள். படத்துக்கு ஒரு பூமாலை, மேலே ஒரு சின்ன பல்ப் எரிந்தபடி. கீழே பெயர். பெயருக்குக் கீழே 1969 – 1991.

அத்தான், நீங்கள் என்னுடைய இடத்தில் நின்று பாருங்கள். மாலை போட்டு, பல்ப் கொளுத்தி, இரண்டு வருடம் எழுதிய படத்தை எங்களுடைய ஆட்கள் எந்த வீட்டில், எதற்காக மாட்டுவார்கள்? பிறந்தது அறுபத்தொன்பது, செத்தது தொண்ணூற்றொன்று. இருபத்திரண்டு வயதுக்காரருக்கு நாற்பது வயது முகம் எப்படி வந்தது என்று ஒரு கணம் யோசித்தேன்தான். ஆனால் அந்த நாட்டு வெயிலில் ஆட்கள் கெதியாக முற்றிவிடுகிறார்கள் என்று நீங்களே ஒருமுறை எழுதியிருந்தீர்கள். மேலே பந்து நிலத்தில் பட்டது. அடுத்த சத்தத்துக்குக் காத்திருந்தேன். வரவில்லை. நான் ஐம்பதுவரை எண்ணினேன். பிறகு, மேலே போன பந்து அப்போதுதான் இறங்க மனம் வைத்ததுபோல, ஒரேயொரு தட்டு.

அதன்பிறகு பார்க்கிறதெல்லாம் சாட்சி சொல்லத் தொடங்கியது. சனிக்கிழமை விளையாட்டு முடிந்து வருகிற பன்னிரண்டு ஜேர்சியில் பதினொன்றைக் கையால் தொட ஏலாது. பதினான்காம் இலக்கம் மட்டும் நான் மடித்துக் கொடுத்தபடியே, மடிப்புக் குலையாமல், சோப் வாசத்தோடு திரும்பி வரும். செத்தவருக்கு வியர்க்குமா? நான் போடுகிற சோறும் கறியும் கோப்பையில் குறைகிறது, ஆனால் அவர் வாயில் வைத்ததை நான் கண்டதில்லை. பேய்க்குக் கால் தரையில் படாது என்று சின்ன வயதில் கேட்டிருப்பீர்கள். அன்று பின்னேரம் அவர் படியிறங்கும்போது காலைத்தான் பார்த்தேன். குதிக்கால் இரண்டும் நிலத்தில் படவில்லை. அடுத்தநாள் துவாய் வைக்கக் குளியலறைக்குப் போனால், மீன்காரரிடம் வாங்கிய ஐஸ் நிறைந்த தொட்டிக்குள், கண்ணை மூடி, கையிரண்டையும் நெஞ்சில் கட்டி, நீலம் பாய்ந்து படுத்திருக்கிறார். கண்ணைத் திறக்காமலே எனக்குக் காலை வணக்கம் சொன்னார். நான் துவாயைத் தலையில் போட்டுக்கொண்டு வெளியே வந்துவிட்டேன்.

பயம் ஒரு பக்கம், அத்தான். ஆனால் பேயைவிட எனக்குப் பெரிய பயம் மார்ச் 5. செத்தவர் வைத்த கையெழுத்து செல்லுமா? இதைப் பாதர் யாரிடமாவது கேட்கச் சொல்லி மன்னார்ச் சுவாம்பிள்ளையிடம் போனேன். கோயிலில் கதிரை அடுக்குகிறவர், நல்ல மனிதர். அவர் படத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, எடுத்த மாதிரியே திருப்பித் தந்தார்.

"இஞ்சை சாமிமாற்றை மடத்துக்குக் கீழை ஆயிரக்கணக்கில செத்த ஆக்களை உடுப்புப் போட்டுச் சுவரோடை நிப்பாட்டி வச்சிருக்கிறாங்கள். ஞாயிற்றுக்கிழமையில சனம் பிள்ளையளோடை போய்ப் பாக்குது. நீர் என்னெண்டால் ஒராள் எழும்பி நடக்கிறார் எண்டு பயப்பிடுறீர். அஞ்சாந்தேதி மட்டும் நடக்கட்டும். அதுக்குப் பிறகு அவற்றை பாடு."

இந்த யோசனை எனக்குப் பிடித்துக்கொண்டது. எட்டுச் செலவுக்குச் செத்தவருக்குப் பிடித்ததையெல்லாம் படைத்துவிட்டுத்தானே எதையும் கேட்போம்? வெள்ளிக்கிழமை நடுப்பகல், குசினி மேசையில் வெள்ளைத் துணி விரித்தேன். நீங்கள் அனுப்பிய படத்தைச் சுவரில் சாத்தி, முற்றத்தில் பூத்திருந்ததைக் கட்டி மாலை போட்டேன். பொரித்த மீன், உருளைக்கிழங்கு, சியாகுல்லித் தோட்டத்துக் கடைசி மண்டரின் தோடம்பழம் நான்கு, மூடி திறந்த பியர் ஒன்று. விளக்கேற்றி, கற்பூரம் கொளுத்தி, கண்ணை மூடிக்கொண்டு வாய்விட்டே கேட்டேன். ஐயா, நீங்கள் போகவேண்டிய இடத்துக்குப் போங்கள், மறிக்கவில்லை. ஐந்தாந்தேதி பத்து மணிக்குக் கொஸ்தூராவுக்கு ஒருக்கால் வந்து நின்றுவிட்டுப் போங்கள், என் பெண்சாதி பிள்ளை வெளிக்கிட்டு வரவேண்டும் என்று சொல்லிக் கண்ணைத் திறந்தால், எதிர்க் கதிரையில் அவர் இருக்கிறார்.

அவர் என்னைப் பார்க்கவில்லை. படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பியரை எடுத்துக் குடித்தார், மீனைச் சாப்பிட்டார், ஒரு மண்டரினை மெதுவாக உரித்தார். எங்கள் இரண்டு பேருக்கும் பொதுவான மொழி பிழையான இத்தாலியன் ஒன்றுதான். அதில் நானும் விழுந்து எழும்பி, எங்கள் நாட்டில் இப்படிப் படத்துக்கு என்ன அர்த்தம் என்று சொன்னேன். சிரிப்பார் என்று நினைத்தேன். அவருடைய கண் கலங்கிவிட்டது. அவர் சொன்னதை எங்கள் பேச்சிலேயே எழுதுகிறேன்.

"அவை பிழையாய் எழுதேல்லை. அந்த ரெண்டு வருசத்துக்கும் இடையிலதான் நான் உயிரோடை இருந்தனான்."

ஊரில் அவர் தபாற்காரராம். பகலில் கடிதம், வெள்ளி சனி கூடைப்பந்து. அறுபத்தொன்பதிலிருந்து இருபத்திரண்டு வருடம் ஒரே கழகம். தேசிய அணிக்கு ஆள் பார்க்க ஒரேயொரு முறை கூப்பிட்டார்களாம், அன்று தபால் சுற்று முடிய நேரமாகிவிட்டதாம். ஒரு விளையாட்டுக்குப் பெற்றோல் செலவும் ஒரு தட்டு இறைச்சியும்தான் சம்பளம். எண்பத்துமூன்றில் குதிக்கால் நரம்பு அறுந்து, அன்றிலிருந்து நுனிக்காலில்தான் நடை. ஐஸ் முழங்காலுக்கு. தொண்ணூற்றொன்றில் விழா வைத்து, மாலை போட்டு, ஜேர்சியைச் சுவரில் பூட்டிவிட்டார்கள். அடுத்த வெள்ளி பழக்கத்தில் பையைத் தூக்கிக்கொண்டு போனாராம். எல்லோரும் சுகம் விசாரித்தார்களாம், ஒருவரும் உள்ளே வா என்று சொல்லவில்லையாம். சுவரில் தன்னுடைய படத்துக்குக் கீழே விளையாட்டு முடியும்வரை நின்றிருக்கிறார். அந்த பல்ப் தலைக்குமேல் எரிய, ஆட்கள் அவரைத் தாண்டிப் படத்தைப் பார்த்தார்களாம். அந்தக் கிழமையே வெளிக்கிட்டு மால்ட்டாவுக்குப் போய், அங்கிருந்து இங்கே வந்து, முப்பத்தெட்டு வயது என்று பொய் சொல்லிச் சேர்ந்திருக்கிறார். இந்த வருடம் முழுக்க விளையாட இறக்காமல் வாங்கில்தான் இருத்தி வைத்திருக்கிறார்கள். ஜேர்சி ஏன் காய்ந்து வருகிறது என்று அப்போதுதான் விளங்கியது. மாடியில் பந்தைக் கையில் பிடித்தபடி நிற்பது, பழைய விளையாட்டொன்றை முதலிலிருந்து நினைத்துப் பார்க்கவாம். சோறு மட்டும் உறைப்புத் தாங்காமல் பூனைக்குப் போயிருக்கிறது. அதைச் சொன்னால் நான் கவலைப்படுவேன் என்று ஒரு வருடம் சொல்லாமல் இருந்திருக்கிறார்.

விளக்கை அணைக்க எழும்பினேன். இருக்கட்டும் என்றார். ஐந்தாந்தேதி கட்டாயம் வருவதாகச் சொன்னார். நேற்றுச் சனிக்கிழமை விளையாட்டில் யாரோ காலை மடக்கிக்கொண்டு விழ, கடைசி நான்கு நிமிடம் அவரை இறக்கியிருக்கிறார்கள். பதினான்காம் இலக்கம் நனைந்து, நாறி, என் கைக்கு வந்தது. அத்தான், அதை மூக்கில் வைத்து மணந்து பார்த்து நான் அழுதேன். இனி என்ன குறை? கையெழுத்து உயிருள்ளவருடையது, நாள் குறித்தாயிற்று. வருகிற வருடப்பிறப்புக்கு என் பிள்ளை இந்தக் கடலில் கால் நனைப்பாள்.

ரதி அக்காவுக்கும் மருமக்களுக்கும் கந்தன் எந்தக் குறையும் வைக்க மாட்டான். அடுத்த முறையாவது ஐந்து சொல் எழுதுங்கள்.

என்றும் உங்கள் சொல் கேட்கும் மைத்துனன்,
சோதிலிங்கம்

பி.கு.: கடிதத்தை ஒட்டப் போகும்போது சுவாம்பிள்ளை வந்தார். முதல் வரியில் எழுதியதைக் கொஞ்சம் திருத்த வேண்டியிருக்கிறது. அவருடைய மச்சாள் செலஸ்ரீனா போன கிழமை ஊரிலிருந்து வந்தவ, எனக்கும் கொஞ்சம் கருவாடு கொடுத்துவிட்டிருக்கிறா. சுற்றியிருந்தது ஊர்ப் பேப்பர். விரித்துப் பார்த்தால் என்னுடைய படம், அடையாள அட்டைக்கு எடுத்தது. மலர்வு 1951, உதிர்வு 1995. முதலாம் ஆண்டு நினைவஞ்சலி. மனைவி குகனேஸ்வரி, மகள் பிரசாந்தினி, கொடிகாமம். மைத்துனர் வரிசையில் நீங்களும் இருக்கிறீர்கள் அத்தான், பக்கத்தில் அவுஸ்திரேலியா என்றும் போட்டிருக்கிறது.

வருகிற வழியில், பனிக்குள் எல்லை கடக்கும்போது, எனக்குக் காய்ச்சல் என்று என்னுடைய பையைக் கொக்குவில் மகேந்திரராசாதான் தூக்கிக்கொண்டு வந்தார். பாதியில் பின்தங்கினார், பிறகு காணவில்லை. அட்டை அந்தப் பைக்குள்தான் இருந்தது. அந்த அட்டையை வைத்து அவரை என்னுடைய பெயரில் அடக்கம் செய்து, ஊருக்கும் அறிவித்திருக்கிறார்கள். அவருடைய மனைவி இன்றைக்கும் கடிதம் பார்த்துக்கொண்டிருப்பா. குகனேஸ்வரி இப்போது கடதாசியில் விதவை. விதவையை எந்தப் புருசன் கூப்பிடுவது? ஐந்தாந்தேதி நெவில் கையெழுத்து வைப்பார், அதற்குக் கீழே நான் வைக்கவேண்டும். மேலே எழுதிய கேள்வியை இப்போது என்னைப் பற்றித்தான் கேட்கிறேன், செத்தவர் வைத்த கையெழுத்து செல்லுமா? நீங்கள் எப்படியாவது, செஞ்சிலுவைக்காரர் மூலமாவது, கொடிகாமத்துக்கு ஒரு சொல் சேர்ப்பியுங்கள். இரண்டு வீட்டுக்கும் சொல்ல வேண்டும்.

பேப்பரை நெவிலிடம் காட்டினேன். தமிழ் தெரியாது. படத்தைப் பார்த்தார், இரண்டு வருடத்தையும் பார்த்தார். குசினிக்குப் போனார். சுவரில் தன்னுடைய படம் இருந்த இடத்தில் என்னுடையதைச் சாத்தி, விளக்கை அதற்கு முன்னால் நகர்த்தி வைத்தார். பிறகு சோறு, கருவாடு, ஒரு மண்டரின், ஒரு பியர் என்று மேசையில் எடுத்து வைத்து, எதிர்க் கதிரையை எனக்கு இழுத்துவிட்டார்.

நான் இருந்து சாப்பிட்டேன், அத்தான்.