ஸ்கூட்டருக்குப் பின்னால் ஓடிய மோதிர விரல்

ஸ்கூட்டர் பழகுகிறவருக்குப் பின்னால் ஓடுவதால் ஸ்கூட்டருக்கும் பயனில்லை, பழகுகிறவருக்கும் பயனில்லை. ஓடுகிறவருக்கு மட்டும் ஏதோ செய்துகொண்டிருப்பதாக ஒரு திருப்தி கிடைக்கும். பெற்றோர் செய்யும் பல காரியங்கள் இந்த வகைதான். நான் கணக்கு வாத்தியார். ஐம்பதை நெருங்குகிற, தொப்பை விழுந்த ஒரு மனிதன் எவ்வளவு வேகத்தில் ஓடுவான், ஒரு ஸ்கூட்டர் எவ்வளவு வேகத்தில் ஓடும் என்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. இருந்தும் ஓடினேன்.

காரணம் பெனிட்டா, என் ஒரே மகள். பி.எட். முடித்த கையோடு திருமயம் போகிற வழியில் ஒரு பள்ளிக்கூடத்தில் அவளுக்கு வேலை கிடைத்தது. எங்கள் ஊர் திருவரங்குளத்திலிருந்து இன்னும் உள்ளே தள்ளி இருக்கிறது. முதல் பஸ்ஸைப் பிடித்துப் புதுக்கோட்டையில் மாறிப் போனால், பிள்ளைகள் இரண்டாவது பீரியடில் இருப்பார்கள். ஆகவே ஜூன் மாதத்துக்குள் ஸ்கூட்டர் பழகியாக வேண்டும். இல்லாவிட்டால் அங்கேயே விடுதியில் தங்க வேண்டும். விடுதிக்கு அனுப்ப எனக்கு மனமில்லை. ஸ்கூட்டரில் அனுப்பவும் மனமில்லை.

"ரெண்டும் வேணாம்னா அந்தப் பள்ளிக்கூடத்தப் பேத்து எடுத்துட்டு வந்து நம்ம வாசல்ல வையிங்க" என்றாள் என் மனைவி சகாயம்.

ஸ்கூட்டர், சகாயத்தின் அண்ணன் ஆரோக்கியத்தினுடையது. குவைத்திலிருந்து வந்த பிறகு மச்சான் செய்யும் முழுநேர வேலை அந்த வண்டியைத் துடைப்பதுதான். மச்சானிடம் இரவல் வாங்கி, தைல மரக் காட்டு ரோட்டில் சாயங்காலப் பயிற்சி தொடங்கியது.

எனக்குத் தெரிந்தது ஒரே முறை. சைக்கிள் பழக்குகிற முறை. பின்னால் கேரியரைப் பிடித்துக்கொண்டு, "முன்னாடி பாரு, முன்னாடி பாரு" என்று சொல்லிக்கொண்டே ஓட வேண்டும். ஓரிடத்தில் சொல்லாமல் கையை விட்டுவிட வேண்டும். பெனிட்டா நான்காம் வகுப்பு படிக்கும்போது அப்படித்தான் விட்டேன். அவள் நேராகக் கருவை முள்ளுக்குள் போனாள். தாடையில் இன்னும் ஒரு கோடு இருக்கிறது. இனி எதற்கும் கையை விடுவதில்லை என்று அன்றைக்கு முடிவு செய்தேன். (சைக்கிளுக்கு எடுத்த அந்த முடிவு இன்ஜின் உள்ள வண்டிக்கும் பொருந்துமா என்று யோசிக்கத் தோன்றவில்லை.)

முதல் சில நாட்கள் எருமை நடக்கிற வேகத்தில் வண்டி போனது. நானும் பின்பக்கக் கம்பியில் வலது கையைக் கொக்கி போல மாட்டிக்கொண்டு கூடவே நடந்தேன். எதிரே வந்தவர்கள், பெட்ரோல் தீர்ந்துபோய்த் தள்ளுகிறோம் என்று நினைத்து இரக்கப்பட்டார்கள்.

அன்றைக்கு ஆடுகள் வந்தன. தைல மரங்களுக்கு நடுவிலிருந்து மணிச் சத்தத்தோடு ரோட்டில் ஏறின. பெனிட்டா பிரேக்கைப் பிடிக்கிற பதற்றத்தில் ஆக்சிலேட்டரையும் சேர்த்துத் திருகிவிட்டாள். வண்டி முன்னால் பாய்ந்தது. நானும் பாய்ந்தேன்.

"விடுங்கப்பா" என்றாள்.

"நான் புடிச்சிருக்கேம்மா, நீ பயப்படாத."

"நீங்க புடிச்சிருக்கிறதுதாம்பா பயமா இருக்கு."

அதன் பிறகு பேச எனக்கு மூச்சு இல்லை. ஆள்காட்டி விரல் கம்பியிலிருந்து நழுவியது. அப்புறம் நடுவிரலும் சுண்டுவிரலும். மோதிர விரல் மட்டும் நழுவவில்லை. அந்த ஒற்றை விரலில் நான் முழுதாகத் தொங்கிக்கொண்டு போனேன். 'டப்' என்று, காய்ந்த சுள்ளி ஒடிவது போல ஒரு சத்தம் கேட்டது. நான் செம்மண்ணில் உட்கார்ந்திருந்தேன். ஒரு செருப்பைக் காணவில்லை. ஆடுகள் நிதானமாகக் கடந்து போயின. பெனிட்டா ஒழுங்காகப் பிரேக் போட்டு, இரண்டு காலையும் ஊன்றி, ஆடாமல் நின்றுகொண்டிருந்தாள். (நான் விட்ட உடனேதான் அவளுக்கு வண்டி நிறுத்த வந்தது. இதை அவள் சொல்லவில்லை. என் மனைவி சொல்லிக்கொண்டிருக்கிறாள்.)

இரண்டு பேருக்கும் முதலில் வந்த பயம் ஒன்றுதான்.

"அப்பா, வண்டியில என்னமோ தெறிச்சிருச்சுப்பா. மாமா கொன்னுருவாரு."

வண்டியைச் சுற்றிச் சுற்றி வந்தோம். டயரை அமுக்கிப் பார்த்தோம். குனிந்து அடிப்பக்கம் பார்த்தோம். எல்லாம் இருந்த இடத்தில் இருந்தன. "சத்தம் இங்கிட்டுத்தான் வந்துச்சு" என்று சைலன்சரைக் காட்டக் கையை நீட்டினேன். மற்ற விரல்களை மடக்கி ஒரு விரலால்தானே காட்ட வேண்டும். மடக்கியபோது மோதிர விரல் பாதியில் நின்றது. அதன் அடியில், உள்ளங்கைப் பக்கத்தில், தோலுக்குக் கீழே கயிறு போல ஒன்று புடைத்து எழும்பியது. விரலை நீட்டினால் அடங்கியது. மடக்கினால் எழும்பியது.

பெனிட்டா என் கையைத் திருப்பிப் பார்த்துவிட்டுச் சொன்னாள். "தெறிச்சது வண்டி இல்லப்பா."

வலி அதன் பிறகுதான் வந்தது.

வீட்டுக்கு வந்ததும் நான் இரண்டு அறிவிப்புகள் செய்தேன். ஒன்று, இது வெறும் சுளுக்கு. இரண்டு, இனிமேல் பெனிட்டா ஸ்கூட்டரைத் தொடக்கூடாது, விடுதியே போதும். அவள் சாவியை ஆணியில் மாட்டிவிட்டு உள்ளே போய்விட்டாள். அவள் வாதாடியிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

முதல் அறிவிப்பை நம்பியவர் மச்சான் ஒருவர்தான். மச்சான் காலால் பிறந்தவர். பிறக்கும்போது கால் முதலில் வந்தவர்கள் காலால் நீவிவிட்டால் சுளுக்கு போய்விடும் என்பது எங்கள் பக்கத்து நம்பிக்கை. இடுப்பு பிடித்துக்கொண்டவர்கள், கழுத்து திரும்பாதவர்கள் எல்லோரும் அவரிடம் வருவார்கள். ஆனால் இதுவரை வந்ததெல்லாம் முதுகும் இடுப்பும். விரலுக்கு யாரும் வந்ததில்லை. அவருடைய பாதமோ பெரிது.

"மாப்ள, கையத் தரையில வையிங்க" என்றார், விளக்கெண்ணெயைக் குதிகாலில் தடவிக்கொண்டே.

"மச்சான், விரல் மட்டுந்தான்."

"எனக்கு எல்லாம் ஒண்ணுதான். வையிங்க."

கால் கட்டைவிரலால் நீவினார். கட்டைவிரல் ஓரிடத்தில் நீவும்போது பாதத்தின் மீதிப் பகுதி எங்காவது நின்றாக வேண்டும். அது என் மணிக்கட்டில் நின்றது. பிறகு, "நெட்டி விழுந்துருச்சுன்னா சரியாப் போச்சு" என்று கையாலேயே விரலைப் பிடித்து ஓர் இழுப்பு இழுத்தார். நெட்டி விழவில்லை. என்னிடமிருந்து ஒரு சத்தம் வந்தது. அடுத்த தெருவில் ஜெபமாலை சொல்லிக்கொண்டிருந்தவர்கள் எத்தனையாவது மணியில் இருந்தோம் என்று மறந்துபோனதாகக் கேள்வி.

விடிந்தபோது விரல் பூவன்பழம் போல இருந்தது. சட்டைப் பொத்தான் போட முடியவில்லை. மேசையில் கிடந்த சாக்பீஸை எடுக்கப் பார்த்தேன். உருண்டு கீழே விழுந்தது. அப்போதுதான் உண்மையாகவே பயந்தேன். கரும்பலகையில் எழுதித்தான் இத்தனை வருடம் சோறு சாப்பிட்டிருக்கிறேன்.

புதுக்கோட்டைக்குப் போக வேண்டும். என்னால் ஆக்சிலேட்டரைத் திருக முடியாது. ஞாயிற்றுக்கிழமை, பஸ்ஸும் சரியாக வராது. மச்சான், "நான் கூட்டிட்டுப் போறேன்" என்று எழுந்தார்.

"நீ பண்ணுனது போதும், ஒக்காரு" என்றாள் சகாயம். ஆணியிலிருந்து சாவியை எடுத்து மகளிடம் நீட்டினாள். என் இரண்டாவது அறிவிப்பு காலாவதியானது.

கை தொங்கினால் வலித்தது. ஆகவே வலது கையை மேலே தூக்கியபடி, இடது கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டு பின்னால் உட்கார்ந்தேன். பார்ப்பதற்கு ஓர் ஆயர் ஊர் மக்களை ஆசீர்வதித்துக்கொண்டு போவது போல இருந்திருக்கும். வழியில் என் பழைய மாணவர்கள் பதிலுக்குக் கையசைத்தார்கள். ஒரு கிழவர் துண்டை இறக்கிக் கும்பிட்டார்.

"பஸ் வருதும்மா."

"தெரியுதுப்பா."

"நாய் நிக்குது."

"அது அங்கிட்டு நிக்குது."

"பள்ளம்."

பெனிட்டா ஓரமாக நிறுத்தினாள். திரும்பாமலே சொன்னாள். "நீங்க பேசணும்னா எறங்கிப் பேசிட்டு வாங்க. நான் ஓட்டணும்."

மீதி வழியில் நான் வாயைத் திறக்கவில்லை. கண்ணையும் அதிகம் திறக்கவில்லை.

டாக்டர், பெனிட்டாவைவிடக் கொஞ்சம்தான் மூத்த பெண். முதல் வேலையாக வீங்கிய விரலில் புதைந்திருந்த என் கல்யாண மோதிரத்தை வெட்டி எடுத்தார். பிறகு விரலின் அடிப்பகுதியை மெதுவாகத் தொட்டு, மடக்கச் சொல்லிப் பார்த்து, ஸ்கேன் எடுத்துவிட்டு விளக்கினார்.

"சார், ஸ்கூட்டர்ல பிரேக் ஒயர் தொங்காம ஒட்டி ஓடுறதுக்கு அங்கங்க கிளிப் போட்டிருப்பாங்கல்ல. அதே மாதிரி, விரல மடக்குற தசைநாண் எலும்ப ஒட்டியே ஓடுறதுக்கு உள்ள வளையம் வளையமா இருக்கும். உங்களுக்கு அடியில இருக்கிற பெரிய வளையம் அறுந்துருச்சு. அதான் மடக்குனா நாண் எலும்ப விட்டு எந்திரிச்சு வருது. இழுக்கிற விசை வீணாப் போறதால விரல் முழுசா மடங்க மாட்டேங்குது."

பிறகு கேட்டார். "பாறை ஏறுறவங்களுக்குத்தான் இது அதிகமா வரும். எதையாவது ஏறுனீங்களா?"

"இல்ல மேடம்" என்றாள் பெனிட்டா. "எங்கப்பா என்னைய விடல. அவ்வளவுதான்."

"அதுக்கப்புறம் யாராச்சும் விரல இழுத்தாங்களா?"

நான் மின்விசிறியைப் பார்த்தேன். "மொதல்ல கால்ல..." என்று ஆரம்பித்தாள் பெனிட்டா. "கால்லயா?" என்றார் டாக்டர். அதற்கு மேல் அந்த உரையாடலை நினைவுபடுத்திக்கொள்ள எனக்கு விருப்பமில்லை.

மற்ற வளையங்கள் தப்பியிருந்ததால் ஆபரேஷன் வேண்டாம் என்றார். விரலின் அடியில் இறுக்கமாக ஒரு பிளாஸ்டிக் வளையம் மாட்டினார்கள். உள்ளே அறுந்த வளையத்தின் வேலையை வெளியிலிருந்து இது செய்யும். (கல்யாண மோதிரம் போய்ப் பிளாஸ்டிக் மோதிரத்தோடு வந்ததைப் பற்றிச் சகாயம் சொன்னதை அச்சில் ஏற்ற முடியாது.) ஆறும்வரை எதையும் இறுக்கிப் பிடிக்கக்கூடாது. சோறு பிசைந்தால் மோதிர விரலடியில் குழம்பு ஒழுகியது. கோயிலில் கைகூப்பினால் நடுவில் ஒரு சந்து தெரிந்தது. சாக்பீஸை இடது கையில் பிடித்தேன். என் வட்டங்கள் எல்லாம் உருளைக்கிழங்காயின. பிள்ளைகள் நாகரிகமாக அப்படியே வரைந்துகொண்டார்கள்.

வளையத்தைக் கழற்றிப் பயிற்சிகள் செய்து இப்போது சாக்பீஸ் பிடிக்கிறேன். ஆனால் விரல் முழுதாக நீளவில்லை. லேசாக வளைந்தே நிற்கிறது. ஆட்டு மணி கேட்டால் இன்னும் வலது கையைப் பின்னால் இழுத்துக்கொள்கிறேன். அந்த ரோட்டில் அவள் விழுந்திருந்தால் என்று நினைப்பேன். அவள் விழவில்லை, விழுந்தது நான் என்பது அப்புறம்தான் ஞாபகம் வரும்.

ஜூனில் பெனிட்டா வேலைக்குச் சேர்ந்தாள். மச்சானின் ஸ்கூட்டரில்தான். முதல் நாள் வாசலில் நின்று டாட்டா காட்டினேன். தெருமுனை வரை போனவள், கண்ணாடியில் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தாள்.

"என்னப்பா, கூப்பிட்டீங்களா?"

"இல்லம்மா. போய்ட்டு வான்னுதான் காட்டுனேன்."

என் கையைப் பார்த்தாள். மற்ற விரல்கள் நேராக நிற்க, மோதிர விரல் மட்டும் வாவா என்று வளைந்திருந்தது. "மத்த விரலெல்லாம் போங்குது. இது மட்டும் வாங்குதுப்பா" என்றாள்.

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் என் வாய்ச் சம்மதத்துக்கு மதிப்பில்லை. நான் எதற்குச் சரி என்றாலும், "அப்பா சரின்னுட்டாரு. விரல் என்ன சொல்லுது?" என்று கேட்கிறார்கள்.

போன வாரம் சென்னையில் ஒரு நல்ல பள்ளியிலிருந்து அவளைக் கூப்பிட்டிருக்கிறார்கள். சாப்பிட்டுக் கை கழுவி உட்கார்ந்ததும் சொன்னாள். நான் உடனே, தாராளமாக, "போய்ட்டு வாம்மா" என்றேன். சகாயம், மச்சான், பெனிட்டா மூன்று பேரும் என் முகத்தைப் பார்க்கவில்லை. கையைப் பார்த்தார்கள். சட்டென்று கையைச் சட்டைப் பைக்குள் விட்டேன். மற்றவை உள்ளே போய்விட்டன. மோதிர விரல் மட்டும் பை விளிம்பைக் கொக்கி போலப் பிடித்துக்கொண்டு வெளியே நின்றது.