மரங்கொத்தியும் தவளையும் போட்ட முதல் ஆல்பம்

ஒரு காட்டில் சிங்கம் இருந்ததா என்று யாருக்கும் சரியாகத் தெரியாது; ஆனால் ராப் பாடும் மரங்கொத்தி ஒன்று இருந்தது.

அவள் பெயர் கொண்டையம்மாள். மேடையில் மட்டும் எம்.சி. கொண்டை. பட்ட மரத்தில் அலகால் தாளம் போட்டபடி அவள் பாட ஆரம்பித்தால், மரத்துக்குள் இருக்கும் கரையான்கள்கூட வெளியே வந்து தலையாட்டும். வந்தவற்றை அவள் தின்றுவிடுவாள். கலைக்குக் கலை, சாப்பாட்டுக்குச் சாப்பாடு.

அதே காட்டில் மாக்கான் என்றொரு தவளை. உடம்பு எலுமிச்சம்பழ அளவு, குரல் மட்டும் யானை அளவு. மழைக்காலத்தில் குட்டையில் உட்கார்ந்து அவன் தொண்டையைத் திறந்தால், எதிர்க்கரையில் மான் குடித்துக்கொண்டிருக்கும் தண்ணீர் நடுங்கும்.

இருவரும் தனித்தனியே பெயர் வாங்கியவர்கள். சேர்ந்தது ஒரு கோடையில். குட்டை வற்றிப்போய், மாக்கான் தத்தித் தத்தி நிழல் தேடி வந்தான். கொண்டையம்மாளின் மரத்தில், அவள் எப்போதோ குடைந்துவிட்ட கீழ்ப்பொந்து ஒன்றில் பழைய மழைத்தண்ணீர் தேங்கிக் கிடந்தது.

"உள்ளே வரலாமா?" என்று கேட்டான்.

"வா. காலைக் கழுவிட்டு வா."

"கழுவத் தண்ணி இருந்தா நான் ஏன் இங்க வர்றேன்?"

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அன்றிலிருந்து மேல்பொந்தில் அவள், கீழ்ப்பொந்தில் அவன். மேலே அவள் டொக் டொக் என்று தட்டுவாள். கீழே அவன் கர்ர் என்று இழுப்பான். அவன் மூச்சு வாங்கும் இடம் அவளுக்குத் தெரியும். அங்கே தாளத்தில் கொஞ்சம் இடம் விடுவாள். அவள் அடுத்த அடியை எங்கே வைப்பாள் என்று அவனுக்குத் தெரியும். அங்கே வாயை மூடிக்கொள்வான்.

"டேய் மாக்கான், சேர்ந்து ஒரு ஆல்பம் போட்டா என்ன?" என்றாள் ஒரு நாள்.

"நானே கேக்கலாம்னு இருந்தேன் கொண்டை. கூச்சமா இருந்துச்சு" என்றான்.

மலைக்குகையில் வௌவால் ஒருவர் ஸ்டூடியோ வைத்திருந்தார். தொங்கலண்ணன் என்பார்கள். காட்டில் எதிரொலி இலவசமாகக் கிடைக்கும் ஒரே ஸ்டூடியோ அது. அண்ணனுக்குப் பகலெல்லாம் தூக்கம் வரும், ஸ்டூடியோ திறந்திருப்பதும் பகலில்தான். கொட்டாவி விட்டபடி தலைகீழாகத் தொங்கிக்கொண்டே ஒலிப்பதிவு செய்வார். ஆனாலும் அவர் காதுக்கு ஈடான காது அந்தக் காட்டில் கிடையாது.

ஆல்பத்துக்கு 'ஒரே மரம்' என்று பெயர் வைத்தார்கள். எல்லாப் பாட்டும் நட்பைப் பற்றியது. 'நீயும் நானும் ஒண்ணு, நமக்குள்ள ஏது ரெண்டு' என்று ஒரு பாட்டு. 'நமக்குள்ள ஏது ரெண்டு, நீயும் நானும் ஒண்ணு' என்று இன்னொரு பாட்டு.

காட்டில் சிக்னல் கிடைப்பது வழுக்குப்பாறை உச்சியில் மட்டும்தான். ஆல்பத்தை வெளியிடும் முன் அங்கே எல்லா மிருகங்களையும் கூப்பிட்டுப் போட்டுக் காட்டினார்கள். இரண்டாம் பாட்டிலேயே கருமந்தி ஒருவர் மனைவியின் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டார். முயல்கள் போனைப் பார்த்துக்கொண்டிருந்தன. கடைசிவரை கேட்டது யானை மட்டும்தான், அதுவும் பாறையை விட்டு இறங்க வழி அடைத்திருந்ததால்.

"நல்லா இருக்கு" என்றது யானை. "பள்ளிக்கூட ஆண்டு விழாவுல போடலாம்."

ஒரு ராப் பாடகர் காதில் விழக்கூடாத வாக்கியம் அது.

மரத்தடிக்குத் திரும்பி வந்ததும் சண்டை ஆரம்பித்தது.

"உன் குரல் அஜீரணம் மாதிரி இருக்கு. அதான் எல்லாரும் தூங்கிட்டாங்க" என்றாள் அவள்.

"உன் தாளம் ஆசாரி கட்டில் செய்யற மாதிரி இருக்கு. கட்டில்னா தூக்கம் வரத்தானே செய்யும்?" என்றான் அவன்.

"அப்ப என் பொந்துல எதுக்கு இருக்கே?"

மாக்கான் எழுந்தான். "உன் தண்ணி ஒரு சொட்டு எனக்கு வேணாம்" என்று சொல்லிவிட்டு வெயிலில் குதித்துப் போனான். கொண்டையம்மாள் தடுக்கவில்லை. மரத்தின் மறுபக்கம் போய் உட்கார்ந்துகொண்டாள்.

மறுநாள் காலை அவள் தனியாக ஸ்டூடியோவுக்குப் போனாள். "அண்ணே, மைக்கைப் போடுங்க" என்று சொல்லிவிட்டு ஒரே மூச்சில் பாடினாள்:

*நாலு காலு இருந்தும் நடக்கத் தெரியாது,*
*நாக்கு முழம் நீண்டும் பேச்சு புரியாது,*
*வெயிலடிச்சா எம் பொந்துல விருந்தாளி,*
*வெளிய போயி என்னைத் திட்டும் பெருச்சாளி!*

அவள் பாடிவிட்டுப் போனது காதில் விழுந்து, அன்று மாலையே மாக்கான் வந்தான். தூசி படிந்து, பாதியாக இளைத்திருந்தான். அவனும் பாடினான்:

*தலையால மரத்த இடிச்சு இடிச்சு*
*மூளை போச்சு பொடிஞ்சு பொடிஞ்சு,*
*கொண்டைக்குள்ள தேடிப் பாரு, ஒண்ணுமில்ல,*
*கொத்துறது எதுக்குன்னு அவளுக்கே தெரியல!*

தொங்கலண்ணன் இரண்டையும் கேட்டார். தூக்கம் போய்விட்டது. கோபத்திலும் அவள் பழக்கதோஷத்தில் அவன் மூச்சுக்கு இடம் விட்டிருந்தாள். கோபத்திலும் அவன் அவள் அடி விழும் இடத்தில் வாயை மூடியிருந்தான். இரண்டையும் ஒரே டிராக்கில் வைத்ததும் பூட்டும் சாவியுமாக உட்கார்ந்தது. யாரையும் கேட்காமல் பாறை உச்சிக்குப் பறந்துபோய் ஏற்றிவிட்டார்.

காடு கிறுகிறுத்துப்போனது. முயல்கள் ஆடின. முதலை ஆற்றை விட்டு வந்து ஆடியது. யானை ஆடியதில் இரண்டு புற்றுகள் போயின. பெருச்சாளிகள் சங்கம் மட்டும் கண்டன அறிக்கை விட்டது. அறிக்கையைப் படித்துவிட்டு மற்றவர்களும் பாட்டைத் தேடிக் கேட்டார்கள்.

கொண்டையம்மாள் மரத்துக்குக் கீழே ஒரே கூட்டம். "அடுத்து என்ன திட்டப்போறீங்க?" என்று கத்திக்கொண்டே போனில் பாட்டைப் போட்டார்கள். அப்போதுதான் அவள் பாட்டை முதல்முறை முழுதாகக் கேட்டாள். தன்னை மூளையில்லாதவள் என்று அவன் சொன்னதைப் பற்றி அவளுக்கு ஒன்றுமே தோன்றவில்லை. கடைசி வரியில் அவன் குரல் பிசிறடித்தது. கோபத்தில் வரும் பிசிறு எது, தாகத்தில் வரும் பிசிறு எது என்று அவளுக்குத் தெரியும்.

விசுக்கென்று பறந்தாள். வற்றிப்போன குட்டையில் தேடினாள், புதரில் தேடினாள். கடைசியில், பாளம் பாளமாக வெடித்த சேற்றில், ஒரு காய்ந்த தேக்கிலைக்கு அடியில் மாக்கான் கிடந்தான். சுருங்கி நெல்லிக்காய் அளவுக்கு ஆகியிருந்தான்.

"வந்துட்டியா?" என்றான் கண்ணைத் திறக்காமல். "ரெண்டாவது வரியில தாளம் கொஞ்சம் முந்திருச்சு கொண்டை."

"வாயை மூடுடா" என்று சொல்லி அவனை அலகில் கவ்விக்கொண்டு பறந்தாள்.

வழியில் அணில்கள் பார்த்துவிட்டன. பார்த்தது மட்டுமா, படமும் பிடித்துவிட்டன. அவள் மரத்துக்கு வந்து சேரும் முன்பே 'மாக்கானைத் தின்னப் போனாள் கொண்டை' என்று காடு முழுக்கப் பரவிவிட்டது. அதுவரை பாட்டைக் கேட்காத ஆமைகள்கூட அன்றைக்குக் கேட்டன.

கீழ்ப்பொந்துத் தண்ணீரில் அவனைப் போட்டாள். அவன் உப்பி உப்பிப் பழைய அளவுக்கு வரும்வரை வாசலிலேயே உட்கார்ந்திருந்தாள்.

"என்னைப் பெருச்சாளின்னியே" என்றான்.

"எதுகைக்காகச் சொன்னேன். எனக்கு மூளை பொடிஞ்சு போச்சுன்னியே?"

"அதுவும் எதுகைதான்."

"மரத்தை இடிச்சு இடிச்சு எனக்கு நிஜமாவே தலைவலி வருதுடா" என்றாள். இருவரும் பொந்தே அதிரும்படி சிரித்தார்கள்.

மறுநாள் உண்மையைச் சொல்லிவிடலாம் என்று வழுக்குப்பாறைக்குப் போனார்கள். பாறை கொள்ளாத கூட்டம். கொண்டையம்மாள் தொண்டையைச் செருமிக்கொண்டு, "எல்லாருக்கும் வணக்கம். நாங்க ராசியாயிட்டோம்" என்றாள்.

ஒரு கைதட்டல் இல்லை. முதலை மூஞ்சியைத் திருப்பிக்கொண்டு ஆற்றுப் பக்கம் நடந்தது. கருமந்தி கோபமாக எழுந்து நின்றார்.

"அதெப்படி ராசியாவீங்க? நான் கொண்டை கட்சி, எம் பொண்டாட்டி மாக்கான் கட்சி. பேச்சுவார்த்தை இல்ல, வீட்டுல சோறு இல்ல. இவ்வளவு கஷ்டப்பட்டு உங்களுக்காகக் கட்சி பிரிஞ்சிருக்கோம், நீங்க பாட்டுக்கு ராசின்னா என்ன அர்த்தம்?"

"நியாயந்தானே?" என்றாள் பத்தடி தள்ளி உட்கார்ந்திருந்த அவர் மனைவி. இருவரும் ஒத்துப்போன ஒரே விஷயம் அது.

கூட்டம் கலைய ஆரம்பித்தது. மாக்கான் கொண்டையைப் பார்த்தான். கொண்டை மாக்கானைப் பார்த்தாள். அவள் லேசாகக் கண்ணடித்தாள். அவன் ஒரே தாவில் மைக் முன்னால் விழுந்தான்.

"ராசியா? யாரு, இந்த மரம் இடிக்கிறவகூடயா?"

பாறையே எழுந்து ஆடியதுபோல் இருந்தது.

அதன்பிறகு இருவரும் பகல் முழுக்கப் பொந்திலேயே உட்கார்ந்து ஆல்பத்தைப் புதிதாக எழுதினார்கள். ஒருவரை ஒருவர் திட்டுவதற்கு ஒருவருக்கொருவர் உதவி செய்தார்கள்.

"என் பின்னங்காலைப் பத்தி நீ ஒண்ணுமே சொல்லலையே? அருமையான மேட்டராச்சே அது" என்பான் அவன்.

"அய்யய்யோ, மறந்தே போச்சு பாரு. நீயும் என் நாக்கு மண்டையைச் சுத்தி வளைஞ்சு கிடக்கிறதை ஒரு வரி சேர்த்துக்கோ."

"மனசு கஷ்டப்படாதே?"

"நல்ல வரியா இல்லைன்னாதான் கஷ்டப்படுவேன்."

ஆல்பம் வந்தது. அட்டையில் இருவரும் முதுகைக் காட்டிக்கொண்டு முறைத்தபடி நின்றார்கள். முதுகோடு முதுகு ஒட்டியிருந்ததை யாரும் கவனிக்கவில்லை. காடு கொண்டாடியது, பக்கத்துக் காடும் கொண்டாடியது. கருமந்தி தம்பதி இன்னும் பேசிக்கொள்ளவில்லை. ஆனால் ஆளுக்கொரு கிளையில் உட்கார்ந்து ஒரே பாட்டைத்தான் கேட்கிறார்கள்.

சில நாள் கழித்து, ஒன்றையொன்று உயிராக நேசிக்கும் இரண்டு கிளிகள் தொங்கலண்ணனிடம் வந்தன. "அண்ணே, நாங்களும் சேர்ந்து ஒரு ஆல்பம் போடணும்" என்றன.

அண்ணன் ஒரு கண்ணை மட்டும் திறந்தார். "உங்களுக்குள்ள சண்டை ஏதாவது?"

"இதுவரைக்கும் ஒண்ணுமே இல்லண்ணே!" என்றன கிளிகள் பெருமையாக.

"அப்ப போய் ஒரு நல்ல சண்டையா போட்டுட்டு வாங்க" என்று சொல்லிவிட்டு அவர் மறுபடி தூங்கப் போனார்.

நீதி: நண்பனை முதுகுக்குப் பின்னால் திட்டினால் துரோகம், மைக்குக்கு முன்னால் திட்டினால் முதல் ஆல்பம்.