ரெண்டாம் பீரியட் வாத்தியார்

குடவாசல் பக்கத்தில் எங்கள் ஊர் அளவுக்கு முட்டாள்களைப் பெற்றெடுத்த ஊர் வேறு கிடையாது. அத்தனை பேரையும் வரிசையில் நிறுத்தினால் முதல் ஆளாக நிற்கிற தகுதி ஒருவருக்குத்தான் உண்டு. அவர் பெயர் பாதிப் பேருக்குத் தெரியாது. ‘ரெண்டாம் பீரியட்’ வீடு எது என்று கேட்டால் பால்காரர்கூடக் கையைக் காட்டுவார்.

எங்கள் எட்டாம் வகுப்புக்குக் கணக்கு வாத்தியார். பள்ளிக்கூடம் மிராசுதாருடையது, தாளாளரும் அவரே. சம்பளம் கொடுத்தது அரசாங்கம்தான், ஆனாலும் வாத்தியார்களைப் பண்ணையாள் கணக்கில்தான் வைத்திருந்தார். அவர்களும் குறை வைக்காமல் அவர் வீட்டுக் கல்யாணத்தில் பந்தி பரிமாறினார்கள்.

அந்தத் தை மாதம் எங்கள் அப்பன்மார் கூலி நெல்லைக் கூட்டிக் கேட்டு அரிவாளைக் கீழே வைத்துவிட்டார்கள். கதிர் முற்றிச் சாய்ந்து கிடந்தது. மிராசுதார் மூளை வேலை செய்தது. அப்பன் அறுக்காத வயலைப் பிள்ளை அறுக்கட்டும், அதற்குச் ‘சேவை’ என்று பெயர் வைத்தால் போயிற்று! மற்ற வாத்தியார்கள் பிள்ளைகளை ஆடு மாதிரி ஓட்டிக்கொண்டு கிளம்பினார்கள். எங்கள் வகுப்பு மட்டும் நகரவில்லை என்று மிராசுதாரே வாசலில் வந்து நின்றார். நம் ஆள் போர்டில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தார்.

“ரெண்டாவது பீரியட் கணக்குங்க. டைம்டேபிள்ல அறுப்பு இல்லீங்க.”

வாக்குவாதம் தெரு வரை கேட்டது. எங்கள் அம்மாக்கள் ஓடிவந்து அவரவர் பிள்ளையை இழுத்துக்கொண்டு போனார்கள். சேவை படுத்துவிட்டது. வாத்தியார் வேலையும் அன்றைக்கே போயிற்று. போர்டில் கணக்கு பாதியில் நின்றது.

அவரைத் தியாகி என்று எங்கள் தெரு கொண்டாடியது. மனுஷனுக்குக் கோபம் வந்துவிட்டது. உங்களுக்காக ஒன்றும் செய்யவில்லை, பீரியட் நடுவே எழுப்பினால் எப்படி என்றார். சிவப்புக் கொடிக்காரர்கள் ஊர்வலம் போகலாமா என்று கேட்டார்கள். பள்ளிக்கூட நேரத்தில் கூடாது என்றார். ஆளுங்கட்சிக்காரர் மாலையோடு வந்தார். துண்டுப் பிரசுரத்தில் கணக்கு தப்பு என்று திருத்திக் கொடுத்தனுப்பினார். உதவ வருகிறவனையெல்லாம் இப்படி விரட்டியடிக்கத் தனித் திறமை வேண்டும்.

முதல் அப்பீல் பள்ளி நிர்வாகக் குழுவுக்கு. குழுத் தலைவர் யார்? அதே மிராசுதார்! விசாரணை அவருடைய ரைஸ் மில்லில் நடந்தது. மெஷினை நிறுத்தவில்லை. வாத்தியார் தொண்டை கிழியக் கத்தினார், மிராசுதார் தவிட்டைக் கையில் அள்ளி அள்ளிப் பார்த்துவிட்டுத் தள்ளுபடி என்றார். அடுத்தது கல்வி அதிகாரி. அவர் மிராசுதார் வீட்டில் சாப்பிட்டுக் கையைத் துடைத்த கையோடு அதையே சொன்னார். பிறகு கோர்ட்டு, வாய்தா, வாய்தா.

வாத்தியாரே வேலையை விட்டுப் போய்விட்டதாக எதிர்த்தரப்பு சொல்லக்கூடும் என்று வக்கீல் பேச்சுவாக்கில் சொல்லித் தொலைத்தார். அன்று முதல் நம் ஆள் தினமும் மணி அடிக்கும்போது பள்ளிக்கூட வாசலில் நின்றார். உள்ளே விடமாட்டார்கள். மழையோ வெயிலோ, பள்ளி விடும் வரை வாசல் பூவரச மரத்தடியில் நிற்பார். அவர் சம்சாரம் எங்கள் அம்மாவோடு நாற்று நடப் போய்த்தான் அந்த வீட்டில் உலை கொதித்தது.

ஒருநாள் மிராசுதாரே மரத்தடிக்கு இறங்கி வந்தார். தெரியாமல் செய்துவிட்டேன் என்று ஒரு வார்த்தை போதும், நாளைக்கே வேலை என்றார்.

“தெரிஞ்சுதாங்க செஞ்சேன்” என்றார் வாத்தியார்.

நடவிலிருந்து வந்த அவர் சம்சாரம் சேற்றுக் காலோடு நின்று கேட்டுக்கொண்டிருந்தார். திரும்பி வயலுக்குப் போனார். எனக்குத்தான் ஆறவில்லை. இப்படி ஒரு மனுஷன் இருப்பாரா!

ஹைகோர்ட் வரை போய், கடைசியில் ஜெயித்தார். அதற்குள் எங்களுக்கு மீசை முளைத்து, மிராசுதார் வயலிலேயே அறுத்துக்கொண்டிருந்தோம். அதுவும் ஒரு தை மாதம். வரப்பில் குடை பிடித்து நின்ற மிராசுதாரைத் தாண்டிச் சாக்பீஸோடு வாத்தியார் வந்தார்.

“பீரியட் பாதியில நிக்குது. எட்டாங்கிளாஸ் எல்லாம் களத்துக்கு வாங்கடா.”

“அறுப்பு நடக்குது வாத்தியாரே” என்றார் மிராசுதார்.

“டைம்டேபிள்ல கணக்குங்க.”

அரிவாளை வைத்துவிட்டுப் போய் உட்கார்ந்தோம். மிராசுதாரின் மாட்டுவண்டிப் பலகையில் அந்தப் பாதிக் கணக்கை எழுதினார். எட்டு ஆள் ஆறு நாளில் அறுக்கும் வயலைப் பன்னிரண்டு ஆள் எத்தனை நாளில் அறுப்பார்கள்? என்னைக் கேட்டார்.

“கூலிய கூட்டிக் குடுத்தா நாலு நாள் சார். இல்லாட்டி அறுக்கவே மாட்டோம்.”

மிராசுதார் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே. வாத்தியார் கிட்டே வந்து என் காதைப் பிடித்துத் திருகினார்.

“நாலு நாள் சரி. மத்தது கணக்குல இல்ல” என்றார். ஆனால் முகம் சிரித்தது.

பிடிவாதக்காரர், பிழைக்கத் தெரியாதவர், பெண்டாட்டியைச் சேற்றில் இறக்கியவர். என்ன திட்டி என்ன? இன்னொரு தடவை வந்து காதைத் திருக மாட்டாரா என்றிருக்கிறது.