பொன்னுதுரை சொன்ன ஒன்றரை மாசம்

மச்சான் வருகிறான் என்றால் மற்ற வீடுகளில் கோழி அடிப்பார்கள். காஜா பெராங்கில் குடியிருந்த பொன்னுதுரை சுவர் எழுப்பக் கிளம்பினார்.

சும்மா இல்லை. மனைவி ருக்மணியின் அண்ணன் சுப்பையன், செகாமட் பக்கம் ஒரு தோட்டத்தில் ஆசாரி. மூன்று வருஷத்துக்கு முன்னால் வந்தவர் பொன்னுதுரையின் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்தார். ஊருக்குப் போகிற அன்றைக்குத்தான் எழுந்தார். ரேடியோவும் அவர் காதோரம்தான். குறட்டை பக்கத்து ஊரான கம்போங் செட்டி வரைக்கும் கேட்டது. நாளெல்லாம் ஆபீசில் கணக்கெழுதிக் கிராணி வேலை பார்த்துவிட்டு வந்த மனுஷன், சொந்த வீட்டில் முக்காலியில் குந்தியிருந்தார். இப்போது மெர்டேக்கா வேறு வருகிறது. நாடு சுதந்திரம் அடைவதைத் தன் நாற்காலியில் சாய்ந்து, தன் ரேடியோவில் கேட்க வேண்டும். அவர் ஆசை அவ்வளவுதான். அந்த நேரம் பார்த்து, கொண்டாட்டம் பார்க்க அண்ணனும் அண்ணியும் வரட்டுமா என்று ருக்மணி கேட்டுவிட்டாள்.

வேண்டாம் என்று சொல்லத் தைரியம் இருந்தால் அவர் ஏன் பொன்னுதுரையாக இருக்கப் போகிறார்? மறுநாளே சீனர் கடையிலிருந்து புது மாதிரி பிளாஸ்டர் பலகைகளை வண்டியில் ஏற்றி வந்து கூடத்தில் சாய்த்து வைத்தார். செங்கல் வேண்டாம், சிமெண்டு வேண்டாம். மரச்சட்டம் நிறுத்தி, பலகையை அறைந்தால் சுவர். ஒரு வாரத்தில் முடிந்துவிடும் என்று கடைக்காரர் சொன்னதை மட்டும் அவர் வீட்டில் சொல்லவில்லை.

"கூடத்த ரெண்டாத் தடுக்கப் போறேன் ருக்கு. வேல முடியிற வரைக்கும் ஒரே தூசியா கெடக்கும். பாவம், ஒங்கண்ணன் வந்தா எங்க படுப்பாரு?"

ருக்மணி பலகையைத் தட்டிப் பார்த்தாள். "எத்தன நாளுங்க ஆகும்?"

"ரெண்டு வாரம்."

"அவ்வளவுதானா? பலகைக்குப் பலக இடுக்கு இருக்கும்ல? மாவு பூசி அடைக்க வேணாமா?"

பொன்னுதுரைக்குத் தேன் குடித்த மாதிரி இருந்தது. "அட, ஆமா. ஒரு மாசம் வச்சிக்க."

"பூசினது காயணும். உப்புத்தாள் போட்டுத் தேய்க்கணும். மறுபடியும் பூசணும்."

"அதான் சொல்றேன், ஒன்றரை மாசம். மழை பெஞ்சா இன்னும் பத்து நாள் சேத்துக்க."

அப்புறம் பேச்சு மாறக் கூடாது என்றாள் ருக்மணி. கிராணி போட்ட கணக்கு மாறாது என்று நெஞ்சைத் தட்டினார். செகாமட் போகும் லாரிக்காரரிடம் அண்ணனுக்கு விவரம் சொல்லி அனுப்பட்டுமா என்று கேட்டாள். தாராளமாக அனுப்பு, ஒன்றரை மாசம் என்பதை மறக்காமல் சொல்லச் சொல் என்றார். அன்றைக்கு ராத்திரி அவர் இரண்டு தட்டு சோறு கூடுதலாகச் சாப்பிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் வாசலில் டாக்சி நின்றது. முதலில் தச்சு ஆயுதப் பெட்டி இறங்கியது. பிறகு பாய்ச்சுருள், அண்ணி விஜயா, கடைசியாகச் சுப்பையன். மாப்பிள்ளை ஒத்தையாகக் கிடந்து அல்லாடுகிறார் என்று தங்கச்சி சொல்லி அனுப்பினாளாம். கேட்டதும் மனசு பொறுக்கவில்லையாம்.

அடடா, அந்த மனுஷன் கையில் வேலை பறந்தது. சட்டம் நின்றது, பலகை ஏறியது, இடுக்கெல்லாம் மாவு பூசியாகிவிட்டது. வெயிலும் மச்சான் கட்சி; பூசியதெல்லாம் சுருக்கக் காய்ந்தது. பொன்னுதுரை ஆணி எடுத்துக் கொடுத்தார். சமையலறையில் ருக்மணி பாடிக்கொண்டே இருந்தாள். அவள் பாடி எத்தனை நாளாயிற்று என்று நினைத்ததும் அவருக்கே கொஞ்சம் வெட்கமாக இருந்தது, சந்தோஷமாகவும் இருந்தது.

கடைக்காரர் வாக்குப்படி ஒரு வாரத்தில் சுவர் நின்றது. பாய் விரிக்க அழகான ஓர் அறை. மெர்டேக்காவுக்கு இன்னும் நாள் கிடந்தது. நாற்காலி தப்பிவிட்டது என்று பொன்னுதுரைக்கு உயிர் வந்தது. முகத்தில் கருணையை வரவழைத்துக்கொண்டார்.

"ரொம்ப ஒத்தாச மச்சான். வேலதான் முடிஞ்சிருச்சே, லீவ வீணாக்காதீங்க. நாளைக்கு பஸ்ஸு ஏத்தி விட்டுர்றேன்."

சாய்வு நாற்காலியில் இருந்தபடியே சுப்பையன் ரேடியோவின் காதைத் திருகினார். "அவசரமே இல்ல மாப்பிள. கிராணி கணக்கு தப்பாதுன்னு தோட்டத்துத் தொரகிட்ட அடிச்சுச் சொல்லி, ஒன்றரை மாசம் லீவு வாங்கியிருக்கேன்."

பொன்னுதுரை முக்காலியைத் தேடி உட்கார்ந்தார். ருக்மணி புது அறையில் பாயை உதறி விரித்துவிட்டு, ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தாள்.

"ஏங்க, வானம் இருட்டிக்கிட்டு வருது. மழை பெஞ்சா இன்னும் பத்து நாள்னு சொன்னீங்கல்ல?"