மேடைக்கு வந்த மோட்டார்

பரிசு வாங்கப் போகிறவனுக்கு அந்தப் பரிசின் மேல் தனக்கே ஒரு சந்தேகம் இருந்தால், கடிதம் வந்த அன்றே வீட்டில் சொல்லிவிட வேண்டும். ஒரு நாள் தள்ளிப்போட்டால் அத்தைக்குத் தெரிந்துவிடும். இரண்டு நாள் தள்ளிப்போட்டால் ஊருக்கே தெரிந்துவிடும். நான் பத்து நாள் தள்ளிப்போட்டேன்.

பிளஸ் டூவில் நான் படித்தது தொழிற்கல்விப் பிரிவு. மோட்டார் ரீவைண்டிங். அதாவது, எரிந்துபோன மோட்டாருக்குள் இருக்கும் செம்புக் கம்பியைப் பிய்த்து எறிந்துவிட்டுப் புதுக் கம்பி சுற்றிக் கட்டுவது. எங்கள் ஊர் செட்டிகுளத்துக்குப் பக்கம். சின்ன வெங்காயம் விளைகிற பூமி. கிணறும் மோட்டாரும் இல்லாமல் அங்கே ஒன்றும் முளைக்காது என்பதால் எங்கள் பள்ளியில் அந்தப் பிரிவை வைத்திருந்தார்கள். (சயின்ஸ் குரூப் கிடைக்காதவர்களைக் கொண்டுபோய்க் கொட்டுகிற இடமும் அதுதான். நானும் கொட்டப்பட்டவன்தான்.)

இரண்டு வருடத்தில் நான் ஒரு மோட்டாரைக்கூட முழுதாகக் கட்டியதில்லை. என்னிடம் இருந்தது கையெழுத்து. படம் வரைந்து, பச்சை ஸ்கெட்ச் பேனாவால் தலைப்பு எழுதி, அடியில் ஒரு சுழி போட்டேன் என்றால் வாத்தியார் நோட்டைத் தடவிப் பார்ப்பார். பக்கத்து பெஞ்சில் குணா. அவன் கை மோட்டாருக்குள் போனால் கம்பி தானாகவே பள்ளத்தில் போய் உட்காரும். அதே கை பேனாவைப் பிடித்தால் அவன் எழுதியதை அவனாலேயே படிக்க முடியாது. ஆகவே முதல் மாதமே எங்களுக்குள் ஓர் ஒப்பந்தம். இரண்டு பேர் ரெக்கார்டு நோட்டையும் நான் எழுதுவது, இரண்டு பேர் காயிலையும், அதாவது அந்தக் கம்பிச் சுருளையும், அவன் சுற்றுவது.

செய்முறைத் தேர்விலும் அப்படித்தான். தேர்வு நடத்த வெளிப் பள்ளியிலிருந்து வந்த சார் சாப்பிடப் போன நேரத்தில் குணா என் காயிலையும் சுற்றிவிட்டான். திரும்பி வந்த சார் கேள்வி கேட்டார். நான் மூச்சு விடாமல் ஒப்பித்தேன். குணாவுக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. முடிவு வந்தபோது எனக்குச் செய்முறையில் முழு மதிப்பெண், அவனுக்குக் குறைவு. தொழிற்கல்விப் பிரிவில் மாவட்டத்திலேயே நான் முதல், அவன் இரண்டாவது.

பேப்பரில் இதைப் பார்த்த அன்று நான் அதிர்ச்சியில் சோற்றுத் தட்டை வைத்துவிட்டு எழுந்து போனேன். சந்தோஷத்தில் பசி அடங்கிவிட்டது என்று அம்மா எடுத்துக்கொண்டாள்.

அடுத்து கடிதம் வந்தது. பெரம்பலூரில் ஓர் அறக்கட்டளை, பிளஸ் டூவில் பாடப் பிரிவிலும் தொழிற்கல்விப் பிரிவிலும் முதல் இரண்டு இடம் பிடித்தவர்களுக்கு ஆண்டுதோறும் விழா எடுத்து விருது கொடுக்கும். தொழிற்கல்வி முதல்வனுக்குக் கேடயத்தோடு, அரியலூர்ப் பக்கத்துச் சிமெண்ட் ஆலை ஒன்றில் அப்ரண்டிஸ் வேலை. (அப்போது அரியலூரும் எங்கள் மாவட்டத்துக்குள்தான் இருந்தது.) உத்தரவை ஆலை மேனேஜரே மேடையில் தருவார் என்று எழுதியிருந்தது. அந்த வரியை மட்டும் அப்பா என்னை மூன்று தடவை படிக்கச் சொன்னார். எங்கள் வம்சத்தில் மாதம் பிறந்தால் சம்பளம் என்பதைப் பார்த்த ஆள் கிடையாது.

அதே வாரத்தில் எங்கள் கொல்லைக் கிணற்று மோட்டார் நின்றுபோனது. (எங்கள் பக்கம் வயலைக் கொல்லை என்பார்கள்.) வெங்காயம் காய் பிடிக்கிற நேரம். பக்கத்துக் கொல்லைக்காரர், கடைக்குக் கொண்டுபோங்க என்றார். அப்பா சிரித்தார்.

"ஜில்லாவுலயே மொத ஆளு எம் வூட்ல இருக்கான். நான் எதுக்குக் கடைக்குப் போறேன்?"

நான் கிணற்று மேட்டுக்குப் போனேன். சுவிட்சைப் போட்டேன். மோட்டார் 'ம்ம்ம்' என்று முனகியது, சுற்றவில்லை. இரண்டு பக்கமும் குனிந்து பார்த்தேன். தட்டிப் பார்த்தேன். (தட்டினால் என்ன தெரியும் என்று கேட்காதீர்கள். எனக்கும் தெரியாது.) அப்புறம் முகத்தைப் பெரிய டாக்டர் மாதிரி வைத்துக்கொண்டு சொன்னேன்.

"காயில் எரிஞ்சிருச்சுப்பா. முழுசாக் கட்டணும். அதுக்குண்டான கம்பி பெரம்பலூர்லதான் கெடைக்கும். விழாவுக்குப் போறப்ப வாங்கிட்டு வந்துரலாம்."

என் கணக்கு வேறு. குணா முந்திரி சீசனுக்கு ஆண்டிமடத்து மாமா வீட்டுக்குப் போயிருந்தான். விழாவுக்கு எப்படியும் வருவான், அவனை அழைத்துவந்து கமுக்கமாக வேலையை முடித்துவிடலாம் என்று இருந்தேன். அந்தப் பத்து நாளும் அம்மாவும் தங்கச்சியும் குடத்தில் தண்ணீர் தூக்கி வெங்காயத்துக்கு ஊற்றினார்கள். நானும் தூக்கப் போனேன். அப்பா விடவில்லை. "கைய நோவ வச்சுக்காத ராசு, வேல செய்யற கையி" என்றார். அன்றைக்கு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அந்த வெட்கம் எனக்கு இன்னும் போகவில்லை.

விழா நாள். பஸ்ஸில் எங்கள் கூட்டமே பதினோரு பேர். என் சீட்டுக்குக் கீழே காலை நீட்டினேன். ஒரு சாக்கு மூட்டை இடித்தது.

"என்னப்பா இது?"

"மோட்டாருதான். கையில வச்சிருந்தா அளவு பாத்துக் கம்பி வாங்கலாம்ல" என்றார் அப்பா.

மேடையில் விருது வாங்கப் போகிறவன் குடும்பத்தில் எல்லாரும் பூ கொண்டுவருவார்கள், பழம் கொண்டுவருவார்கள். என் அப்பா பம்போடு சேர்ந்த ஒரு ஹெச்.பி. மோட்டாரைக் கொண்டுவந்திருந்தார். மண்டபத்துக்குள் அதைத் தூக்கிக்கொண்டு வந்து, இரண்டாவது வரிசையில் தன் நாற்காலிக்கு அடியில் வைத்துக்கொண்டார். சாக்கிலிருந்து லேசாகச் சேற்றுத் தண்ணீர் கசிந்தது.

மேடையில் அறக்கட்டளைத் தலைவர், கஞ்சி போட்ட வெள்ளை வேட்டி சட்டையில் ஒரு பெரியவர். அவருக்கு அடுத்து ஆலை மேனேஜர். ஓரத்து மேசையில் விருது வாங்குகிறவர்களின் ரெக்கார்டு நோட்டுகளைப் பார்வைக்கு வைத்திருந்தார்கள். பாடப் பிரிவுக்காரர்களை முதலில் கூப்பிட்டார்கள். டாக்டர் ஆவேன், கலெக்டர் ஆவேன் என்று ஒவ்வொருவரும் மைக்கில் சொல்லிவிட்டுப் போனார்கள். தொழிற்கல்விக்கு முறை வருவதற்குள் பாதி மண்டபம் சாப்பாட்டுப் பந்திக்குப் போய்விட்டது. போகாதவர்கள் எங்கள் ஆட்கள்தான். (நல்லதாகப் போயிற்று. சாட்சிகள் பாதியாகக் குறைந்தார்கள்.)

குணா நேராக ஆண்டிமடத்திலிருந்து வந்து இரண்டாம் பரிசு வாங்கிக்கொண்டு மேடை நாற்காலியில் உட்கார்ந்தான். எனக்குப் பொன்னாடை போர்த்திக் கேடயம் கொடுத்தார் பெரியவர். மேனேஜர் உத்தரவுக் கவரைக் கையில் எடுத்தார். அதை நீட்டியிருந்தால் இந்தக் கட்டுரையே இல்லை. அவர் சும்மா பேச்சுக்கு ஒரு கேள்வி கேட்டார்.

"தம்பி, வெளியில எங்கயாவது மோட்டார் கட்டியிருக்கியா?"

நான் வாயைத் திறப்பதற்குள் கீழேயிருந்து அப்பா எழுந்தார்.

"கட்டப் போறான் சார். கையோட கொண்டாந்திருக்கோம்."

அவரும் சித்தப்பாவுமாகச் சாக்கைத் தூக்கிக்கொண்டு மேடை ஏறினார்கள். மேனேஜர் அடிப்படையில் என்ஜினீயர். மோட்டாரைப் பார்த்ததும் அவர் முகம் மலர்ந்துவிட்டது. கேடயம் அடுக்கியிருந்த மேசையை ஒதுக்கச் சொன்னார். நான் எதையாவது செய்வதாகக் காட்ட வேண்டுமே, மோட்டாரை வாங்கி மேசையில் வைத்து, பார்க்க லட்சணமாக இருக்கட்டும் என்று பம்பின் அகலமான வாயைப் பெரியவர் பக்கம் திருப்பி வைத்தேன்.

"என்ன கோளாறு, பாத்துச் சொல்லு."

"மோட்டார் என்பது மின்னாற்றலை இயந்திர ஆற்றலாக மாற்றும் சாதனம் சார்" என்றேன்.

"சரிதான். இதுல என்ன கோளாறு?"

"காயில் எரிஞ்சிருச்சு சார். முழுசாக் கட்டணும்."

"பத்து நாளா இதான் சார் சொல்றான்" என்றார் அப்பா பெருமையாக.

பின்னால் நாற்காலி நகர்ந்தது. குணா எழுந்து வந்தான். அவனுக்குக் கெட்ட எண்ணம் எதுவும் கிடையாது. ஒரு மோட்டாரைப் பற்றித் தப்பாகச் சொன்னால் அவனுக்குப் பொறுக்காது, அவ்வளவுதான். குனிந்து மோந்து பார்த்தான். நடுவில் சுழலும் தண்டைக் கையால் சுற்றிப் பார்த்தான்.

"எரிஞ்ச வாடையே இல்லையே சார். காயில் நல்லாத்தான் இருக்கும். கண்டன்சர் போயிருக்கு" என்றான்.

கண்டன்சர் என்பது மோட்டார் கிளம்புவதற்கு முதல் உந்து கொடுக்கும் சின்ன டப்பா. அது போனால் மோட்டார் முனகும், சுற்றாது. புது டப்பா வாங்கி மாட்டினால் பத்து நிமிட வேலை. இதெல்லாம் என் நோட்டில் பச்சைத் தலைப்போடு நானே எழுதியது. எழுதியபோது அது கிணற்று மேட்டில் இருக்கும் ஒரு பொருள் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

"காட்டு பாப்போம்" என்றார் மேனேஜர்.

குணா மைக் செட்காரரிடம் ஒயர் வாங்கி மோட்டாருக்குக் கரண்ட் கொடுத்தான். 'ம்ம்ம்' என்றது. என் தோளிலிருந்து பொன்னாடையை உருவினான். அதைக் கயிறாக முறுக்கித் தண்டில் சுற்றி ஒரே இழுப்பு. கண்டன்சர் கொடுக்க வேண்டிய உந்தை அவன் கை கொடுத்தது. மோட்டார் கத்திக்கொண்டு ஓட ஆரம்பித்தது. உள்ளே பத்து நாளாகக் கிடந்த கிணற்றுச் சேறு, நான் லட்சணமாகத் திருப்பி வைத்த அந்த வாய் வழியாகப் பெரியவர் மேல் பாய்ந்தது.

கஞ்சி போட்ட சட்டையில் சேறு விழுந்தால் ஒரு சத்தம் வரும். மைக் அதை மண்டபம் முழுக்கச் சொன்னது. பந்தியில் இருந்தவர்கள் இலையை விட்டுவிட்டு ஓடிவந்து சிரித்தார்கள். பெரியவர் அசையவில்லை. கண்ணாடியைக் கழற்றினார். கண்ணைச் சுற்றி மட்டும் இரண்டு வட்டம் சுத்தமாக இருந்தது. அப்பா ஓடிப்போய்த் தன் துண்டால் அவர் முகத்தைத் துடைத்தார். அது மோட்டாரைப் பிடித்துத் தூக்கிவந்த துண்டு என்பதால் நிலைமை இன்னும் மோசமானது.

மேனேஜர் மட்டும் சிரிக்கவில்லை. அவர் குணாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இவ்ளோ தெரிஞ்சவன் எப்படிப்பா ரெண்டாவது வந்தான்?" என்று சொல்லிக்கொண்டே ஓரத்து மேசைக்குப் போய்க் குணாவின் நோட்டை எடுத்துப் புரட்டினார். பக்கத்தில் இருந்த என் நோட்டையும் புரட்டினார். அதே எழுத்து. அதே பச்சைத் தலைப்பு. அடியில் அதே சுழி.

"ரெண்டையும் யாரு எழுதுனது?"

"நான்தான் சார்."

"அப்ப ரெண்டு பேரு மோட்டாரையும் கட்டுனது?"

பொய் சொல்லலாமா என்று ஒரு கணம் நினைத்தேன். அப்பா கையில் சேற்றுத் துண்டோடு என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவன் சார்."

இதையும் மைக் மண்டபத்துக்குச் சொன்னது. மேனேஜர் கவரைப் பிரித்தார். பேனாவை எடுத்து என் பெயரை அடித்துவிட்டுக் குணாவின் பெயரை எழுதினார். குணா வாங்கமாட்டேன் என்று தலையை ஆட்டினான். மேனேஜர் அவன் சட்டைப் பையில் அதைச் செருகிவிட்டார். கேடயத்தில் என் பெயரை ஏற்கெனவே பொறித்துவிட்டதால் அதை என்னிடமே விட்டுவிட்டார்கள்.

அப்பா என்னை அடிப்பார் என்று எதிர்பார்த்தேன். அடிக்கவில்லை. சாக்கின் வாயைக் கட்டிக்கொண்டே, "அப்ப ஒங்கம்மா பத்து நாளா..." என்று ஆரம்பித்தார். முடிக்கவில்லை. அதைவிட அடித்திருக்கலாம்.

அன்று மாலையே குணா எங்களோடு வந்தான். வழியில் அப்பாவும் அவனும் கடையில் ஒரு கண்டன்சர் வாங்கினார்கள். நான் கேடயத்தைப் பிடித்துக்கொண்டு வெளியே நின்றேன். கிணற்று மேட்டில் பத்து நிமிடம்கூட ஆகவில்லை, தண்ணீர் வாய்க்காலில் ஓடியது. அம்மா அதைப் பார்த்தாள், தன் தோளைத் தடவிக்கொண்டாள், என்னைப் பார்த்தாள். கிழக்குப் பக்கத்துப் பாத்திகள் நாலும் காய்ந்து போயிருந்தன. அவை பிழைக்கவில்லை.

குணா அப்ரண்டிஸ் முடித்து அதே ஆலையில் நிரந்தரமாகிவிட்டான். எனக்குக் கடைசியில் கையெழுத்துதான் சோறு போட்டது. பத்திர எழுத்தரிடம் சேர்ந்து, இப்போது நானே அரியலூரில் பத்திரம் எழுதுகிறேன். மோட்டார் இருக்கும் நிலத்துக்குப் பத்திரம் எழுதும்போதுகூட, அது ஓடுகிறதா என்று கேட்டுவிட்டுத்தான் 'மோட்டார் உள்பட' என்று எழுதுவேன்.

எங்கள் வீட்டில் அன்றிலிருந்து யார் எந்தப் பெருமையைச் சொன்னாலும் அப்பா ஒரே கேள்விதான் கேட்பார். தங்கச்சி டிகிரி வாங்கியபோது கேட்டார். எனக்குப் பெண் பார்க்கப் போன இடத்தில், பையன் மாவட்டத்திலேயே முதலாமே என்று பெண்ணின் அப்பா ஆரம்பித்ததும், இவரே முழுக் கதையையும் சொல்லிவிட்டு அதே கேள்வியைக் கேட்டார். உள்ளேயிருந்து பெண் சிரித்த சத்தம் கேட்டது. (அவள் இன்னும் நிறுத்தவில்லை.)

போன மாதம் என் மகள் பள்ளியில் முதல் பரிசு வாங்கினாள். தாத்தாவுக்குப் போன் போட்டு மதிப்பெண்ணையெல்லாம் ஒன்று விடாமல் சொன்னாள். அந்தப் பக்கம் அப்பா பொறுமையாகக் கேட்டுவிட்டு, வழக்கம்போல ஆரம்பித்தார்.

"எல்லாஞ் சரி கண்ணு. வெங்காயத்துக்குத் தண்ணி பாயுமா?"

"பாயாது தாத்தா" என்றாள் அவள், என்னைப் பார்த்துக்கொண்டே. "ஆனா இதுல எல்லாமே நானே செஞ்சது."