மாப்பிள்ளை மெஷினில் ஆட்டம் ஏற்றிய விவரம்

சோழபுரம்,
புரட்டாசி கடைசிச் சனிக்கிழமை.

மரியாதைக்குரிய மாப்பிள்ளை ஹவில்தார் விஜயபாண்டி அவர்களுக்கு, மாமனார் முத்துவீரன் எழுதுவது. இங்கு நானும் உங்கள் அத்தை வெள்ளத்தாயும் உங்கள் மனைவி கனகலட்சுமியும் உடம்பளவில் சுகம். மற்றபடி எப்படி இருக்கிறோம் என்பதைக் கீழே விவரமாக எழுதியிருக்கிறேன். தாங்கள் குளிருக்குக் காதை நன்றாக மூடிக்கொண்டு இருப்பீர்கள் என்று நம்புகிறேன். தேவதானத்தில் தங்கள் தாய் தந்தையரும் சுகம். நேற்று பஸ்ஸில் பார்த்தேன், உட்கார இடம் கிடைத்திருந்தது.

போன வாரம் தாங்கள் என் போனில் கூப்பிட்டு, கூடிய சீக்கிரம் மலை உச்சிப் போஸ்ட்டுக்கு ஏறப்போவதாகவும், பனி விழுந்துவிட்டால் சித்திரை வரைக்கும் இறங்க முடியாது, போனும் வேலை செய்யாது என்றும், ஆகையால் பீரோ மேலே விட்டுச் சென்ற கேம் மெஷினுக்குப் புது மெமரி கார்டு வாங்கிப் போட்டு, பீரோவுக்குள் இருக்கும் ஹார்டு டிஸ்க்கிலிருந்து தாங்கள் வாங்கி வைத்திருந்த ஆட்டங்களை ஏற்றி, பார்சலில் அனுப்பும்படியும் சொன்னீர்கள். எப்படி ஏற்ற வேண்டும் என்றும் பொறுமையாக விளக்கினீர்கள். நான் ஒவ்வொன்றுக்கும் ‘சரி மாப்பிள்ளை’ என்றேன். அதில் எனக்குப் புரிந்தது ‘மாமா’ என்ற சொல் மட்டும். மறுபடியும் சொல்லுங்கள் என்று மாப்பிள்ளையிடம் கேட்கக் கூச்சமாக இருந்தது.

கனகலட்சுமியைக் கேட்டிருக்கலாம், அவள் பி.எஸ்ஸி. கம்ப்யூட்டர் படித்தவள்தான். ஆனால் தாங்கள் லீவில் வந்திருந்தபோது தேவதானம் காதுகுத்து வீட்டுப் பந்தியில் நடந்தது தங்களுக்கு நினைவிருக்கும். அவள் ரசம் வேணுமா ரசம் வேணுமா என்று வாளியோடு நின்றுகொண்டே இருக்க, தாங்கள் மடியில் மெஷினை வைத்துக்கொண்டு ‘இந்த ஒரு ஆளை மட்டும் சுட்டுட்டு வாரேன்’ என்று சொன்னதும், அது அடுத்த இலையில் இருந்த தங்கள் சித்தப்பாவுக்கு வேறு மாதிரி கேட்டதும், பிறகு வீட்டில் நடந்த பேச்சும், தாங்கள் மெஷினை அப்படியே விட்டுவிட்டு ரயில் ஏறியதும் நான் எழுதித் தெரிய வேண்டியதில்லை. அன்றிலிருந்து இருவரும் பேசிக்கொள்வதில்லை என்பது எனக்குத் தெரியும். தெரியாத மாதிரி இருந்து வருகிறேன். ‘அந்தப் பொட்டி இருக்கிற ரூமுக்குள்ளயே நான் வரமாட்டேன்’ என்று அவள் சொல்லிவிட்டதால், வேலையை நானே எடுத்துக்கொண்டேன்.

மெஷினைத் துண்டில் சுற்றி ராஜபாளையத்தில் தவசிமுத்து என்பவர் வைத்திருக்கும் செல்போன் கடைக்குக் கொண்டுபோனேன். அவர் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, ‘அண்ணாச்சி, இது மாடு பண்ணினதா?’ என்று கேட்டார். நான் நிதானமாகப் பார்த்துவிட்டு, ‘மாடு பண்ணலை, நாய்தான் ஓரத்துல லேசாக் கடிச்சிருக்கு’ என்றேன். அவர், கம்பெனிக்காரன் போட்ட பூட்டை உள்ளுக்குள்ளேயே திறந்து மாத்தி அமைச்ச, அதாவது ‘மாடிஃபை’ பண்ணின மெஷினைத்தான் சுருக்கமா அப்படிச் சொல்லுவாக, சில பேர் இதை ஜெயில் பிரேக்குன்னும் சொல்லுவாக என்றார். கடையில் நாலு பேர் நின்றிருந்தார்கள். சர்வீஸ் முழுக்க ஜெயில் வார்டராக இருந்து, ஒருத்தனையும் சுவர் தாண்ட விடாமல் ரிட்டயர் ஆனவன் நான். என் மாப்பிள்ளையின் மெஷினைப் பற்றி அந்த வார்த்தையை அவர் அம்புட்டுச் சத்தமாகச் சொல்லியிருக்க வேண்டாம். கார்டை வாங்கிக்கொண்டு உடனே கிளம்பிவிட்டேன். வரும்போது அவர் பின்னாடியே வந்து, ‘அண்ணாச்சி, கேமை எல்லாம் கார்டோட ரூட்ல போட்டுறாதீங்க’ என்றார். நான் ‘இல்லப்பா, சங்கரன்கோவில் ரூட்லதான் போவேன்’ என்று சொல்லிவிட்டு பஸ் ஏறினேன். அவர் சொன்னது பஸ் ரூட்டை இல்லை, ஃபோல்டருக்குள் வைக்காமல் கார்டில் வெறுமனே போடுவதை என்று ஊர் வந்து சேர்ந்த பிறகும் எனக்குத் தெரியாது.

நம்ம பக்கத்து வீட்டு நாராயணியம்மாளிடம் அவுக மகன் ஹைதராபாத் போகும்போது விட்டுப்போன லேப்டாப் ஒன்று இருக்கிறது. அதை மஞ்சள் துணி போர்த்தி வைத்திருக்கிறார்கள். கேட்டதும் மனம் கோணாமல் எடுத்துக் கொடுத்து, ‘அண்ணா, நானும் கூட உக்காந்துக்கிறேன், இதுல எது எங்க இருக்குன்னு எனக்கும் தெரியாது’ என்று பக்கத்தில் நாற்காலி போட்டுக்கொண்டார்கள். ஆட்டம் ஏற்றுவது எப்படி என்று தேடினால் தெலுங்கில் ஒரு பையன் பேசுகிற வீடியோ வந்தது. அம்மாவுக்கு வீட்டில் பேசுகிறது தெலுங்குதானே, அர்த்தம் சொல்லட்டும் என்று விட்டேன். முழுக்கக் கேட்டுவிட்டு, ‘அண்ணா, இவன் பேசறதுல பாதி இங்கிலீஷ், மீதி எங்க வீட்டுத் தெலுங்கு இல்ல. ஆனா பையன் நல்ல வளர்ப்பு, ஆரம்பிக்கும்போதே நமஸ்காரம் சொல்றான்’ என்றார்கள். கார்டை முதலில் ஃபார்மட் பண்ண வேண்டும் என்பது மட்டும் எங்கள் ரெண்டு பேருக்குமே விளங்கியது. பண்ணினோம். ரொம்பச் சுலபமாக முடிந்தது. எல்லாம் முடிந்த பிறகுதான், லேப்டாப்பில் ரெண்டு சாமான் செருகியிருந்ததும், நாங்கள் ஃபார்மட் பண்ணினது கார்டை இல்லை, அம்மாவுடைய பென் டிரைவை என்பதும் தெரிய வந்தது. அதில் ஸ்ரீவில்லிபுத்தூர் கோயில் மார்கழிக்கு அவுக கோஷ்டி வருஷா வருஷம் பாடி ரெக்கார்டு பண்ணி வைத்திருந்தது முச்சூடும் இருந்ததாம்.

எந்திரிச்சு நின்று, ‘அம்மா, மன்னிச்சிக்கிடணும்’ என்றேன். அவுக பென் டிரைவை உருவி உள்ளங்கையில் வைத்துப் பார்த்தார்கள். பொறவு, ‘கமலினி பாடினதும் போயிருச்சா?’ என்று கேட்டார்கள். கமலினி என்பவர் கோஷ்டிக்குத் தலைவியாம், ரெக்கார்டு முச்சூடும் அவர் குரல்தான் கேட்குமாம். போயிருச்சும்மா என்றேன். ‘உக்காருங்கண்ணா, காபி போடுறேன்’ என்று உள்ளே போய்விட்டார்கள். அன்றைக்குக் குடுத்த காபி நல்லா இருந்தது.

அதுக்குப் பொறவு ஆட்டத்தை எல்லாம் கார்டுல ஏத்துனோம். நான் உங்க மேல உள்ள மரியாதைக்கு ‘மாப்பிள்ளை’ன்னு ஒரு ஃபோல்டர் போட்டு அதுக்குள்ள வச்சேன். மெஷின்ல மாட்டுனா ஆட்டமே இல்லைங்குது. தவசிமுத்துக்குப் போன் போட்டா, ‘ஐ.எஸ்.ஓ.ன்னு பெரிய எழுத்துல ஃபோல்டர் போட்டு அதுக்குள்ள வைங்க அண்ணாச்சி’ங்காரு. நான் மோட்டார் பம்புல ஐ.எஸ்.ஐ.ன்னு இருக்குமே, அந்த மாதிரி அரசாங்க முத்திரையாக்கும்னு நெனச்சு, வீட்ல ஆடுற ஆட்டத்துக்கு முத்திரை எதுக்குப்பான்னு கொஞ்சம் வாதாடினேன். கடைசில அவரு சொன்னபடியே செஞ்சோம். ஆட்டம் கார்டுல ஏறிக்கிட்டு இருக்கும்போதே கரண்டு போகப்போற நேரமாச்சேன்னு நான் கார்டை உருவிட்டேன். மெஷின்ல போட்டா ‘கரப்டட் டேட்டா’ன்னு வருது. நாராயணியம்மாள் எழுத்துக்கூட்டிப் படிச்சுட்டு, ‘ஊழல்னு போட்டிருக்கான் அண்ணா’ன்னாங்க. கைக்கு அடக்கமா இருக்கிற பொட்டிக்குள்ள எவன் ஊழல் பண்ணப்போறான்னு எனக்கு வெளங்கலை. இன்னொரு தடவை முழுசா ஏத்தி, நாங்க ரெண்டு பேரும் கையைக் கட்டிக்கிட்டு அது முடியுத வரைக்கும் காத்திருந்து எடுத்தோம். ஆட்டமெல்லாம் வரிசையாப் படம் காட்டி நின்னுச்சு. நான் சர்வீஸ்ல மெடல் வாங்கினப்பகூட அம்புட்டு சந்தோசப்படலை.

அனுப்புறதுக்கு முந்தி ஓடுதா இல்லையான்னு பாக்கணுமில்லையா? சுடுற ஆட்டத்தைத் திறந்தேன், திறந்ததும் என்னைச் சுட்டுட்டான். கார் ஆட்டத்துல நான் ஓட்டின காரு பின்னாலயே போச்சு. மூணாவதா விவசாய ஆட்டம் ஒண்ணு வச்சிருக்கீங்களே, அதைத் திறந்தேன். பேரு கேட்டுச்சு, முத்துவீரன்னு இங்கிலீஷ்ல அடிச்சேன். ஒரு துண்டு நெலம், ஒரு மண்வெட்டி, ஒரு பூவாளி குடுத்தான். மாப்பிள்ளை, அந்த மாதிரி நெலத்தை நான் என் ஆயுசுல பாத்ததில்லை. கிழங்கு ஊன்றினா நாலு நாள்ல வருது. காட்டுப்பன்னி எறங்கலை, உரக்கடையில ஸ்டாக் இல்லைங்கலை, வரப்புல எவனும் சண்டைக்கு வரலை. சோதனைதானேன்னு கொஞ்சம் கொஞ்சமா ஒவ்வொரு மூலையாப் பாத்துக்கிட்டு இருந்ததுல நாள் போனதே தெரியலை. ஒருநாள் நம்ம பங்காளி மாரிச்சாமி வந்து, ‘ஏண்ணே, இன்னைக்குக் கெணத்துல உங்க முறையாச்சே, சோளத்துக்குத் தண்ணி பாய்ச்சலையா?’ன்னு கேட்டான். நான் நிமிராமலேயே, ‘பாய்ச்சிக்கிட்டுத்தானப்பா இருக்கேன்’ன்னேன். அவன் எட்டிப் பாத்துட்டுப் போயி தன் வயலுக்குத் தண்ணியைத் திருப்பிக்கிட்டான். நம்ம மக்காச்சோளம் இப்ப தலையைத் தொங்கப் போட்டுக்கிட்டு நிக்குது. இது அத்தைக்கு இன்னும் தெரியாது. தாங்களும் சொல்ல வேண்டாம்.

அடுத்து நடந்ததை எழுதத் தயக்கமாத்தான் இருக்கு. இருந்தாலும் வேற ஆள் மூலமாத் தெரியுறதுக்கு நானே சொல்லிருதேன். அந்த ஆட்டத்துல பூக்கடையில ஒரு பொண்ணு எந்நேரமும் ஒத்தையிலேயே நிக்கும். பாவமா இருக்கேன்னு நம்ம கோழி போட்ட முட்டையை ஒவ்வொரு நாளும் ஒண்ணு குடுத்துக்கிட்டு இருந்தேன். மனசுல வேற ஒண்ணுமில்லை. ஒருநாள் அது இங்கிலீஷ்ல நீளமா என்னமோ கேட்டு, ஆமாவா இல்லையான்னு நின்னுச்சு. மேலதிகாரி கேட்டா ஆமான்னுதான் சொல்லிப் பழக்கம். ஆமாவை அமுக்கிட்டேன். மணி அடிச்சு, பூத் தூவி, ஊரே கூடி கல்யாணம் நடக்குது. சரியா அந்த நேரம் பார்த்து உங்க அத்தை கொத்தமல்லிக் காபியோட வந்து நின்னா.

‘யாரு இவ?’

‘தெரியலட்டி.’

‘தெரியாமலா அவ கையப் புடிச்சுக்கிட்டு நிக்குதிய?’

‘அது நானில்லட்டி, பொம்மை.’

‘முத்துவீரன்னு இங்கிலீஷ்ல எழுதியிருக்கே. ஆதார் கார்டுல பாத்திருக்கேன், எழுத்து எனக்குத் தெரியும்.’

காபியைக் கொண்டுபோயி நாய்க்கு ஊத்திட்டா. நாயும் குடிக்கலை. அன்னைக்கிருந்து எனக்குச் சோறு தட்டுல வருது, பேச்சு வரலை. சத்தம் கேட்டு வந்த கனகலட்சுமி, வரமாட்டேன்னு சொன்ன ரூமுக்குள்ளேயே வந்து, மெஷினை வாங்கிப் பாத்துட்டுக் கதவைப் புடிச்சுக்கிட்டு சிரிச்சா பாருங்க, கண்ணுல தண்ணி வந்துருச்சு. நீங்க ரயில் ஏறின நாள்ல இருந்து அவ சிரிச்சு நாங்க பாக்கலை. ஆனா சிரிச்சு முடிச்சதும், ‘இந்தப் பொட்டி ஆம்பளைங்க எல்லாத்தையும் ஒண்ணுபோல ஆக்கிப்புடுது’ன்னு சொல்லிட்டு என் கையில குடுத்துட்டுப் போயிட்டா. அதனால அவ கோபம் ஆறிருச்சுன்னு நான் சொல்லமாட்டேன். நீங்க பந்தியில செஞ்சது என்னன்னு எனக்கு இப்ப நல்லா வெளங்குது. வெளங்குனாலும் நான் உங்க பக்கம் பேச முடியாத நெலமையில இருக்கேன்.

ஆகவே, ஆட்டங்கள் அனைத்தும் ஏற்றி, சோதனை முடித்து, துடைத்து, மெஷினை இந்தப் பார்சலில் தாங்கள் கேட்டபடி வைத்திருக்கிறேன். முழுதும் அணைத்துவிட்டால் முதலில் உள்ளே இருக்கும் சாவிப் படத்தை அமுக்கி உசுப்பிவிட்டு, பிறகுதான் ஆட்டத்தைத் திறக்க வேண்டும் என்று தவசிமுத்து சொல்லச் சொன்னார். கனகலட்சுமி விஷயத்தில் என் யோசனை என்னவென்றால், தாங்கள் இப்போது போன் பண்ணி அவளைத் தொந்தரவு செய்ய வேண்டாம். சித்திரைக்கு இறங்கி வாருங்கள், அதற்குள் தானாக ஆறிவிடும். அத்தை ராஜபாளையத்துச் சேவும் குரங்குக் குல்லாவும் வைத்திருக்கிறாள். மலையிலும் பனியிலும் ஆண்டாளும் ரெங்கமன்னாரும் தங்களுக்கு முன்னும் பின்னும் துணை நிற்கட்டும். உடன் இருக்கும் ஜவான்கள் எல்லாருக்கும் எங்கள் விசாரிப்பைச் சொல்லவும்.

இப்படிக்கு,
தங்கள் நலம் நாடும் மாமனார்,
மு. முத்துவீரன்,
தலைமை வார்டர் (ஓய்வு).

பின்குறிப்பு: மேலே எழுதுனதை எல்லாம் தள்ளிருங்க. பார்சலைத் தைக்கப்போற நேரம் தூக்கிப் பாத்தா கனமே இல்லை. பிரிச்சா சேவு இருக்கு, குல்லா இருக்கு, மெஷின் இல்லை. தேடிக்கிட்டு மாடிக்குப் போனா, கனகலட்சுமி தண்ணித் தொட்டி நெழல்ல உக்காந்து மெஷின்ல அந்த விவசாய ஆட்டத்தை ஆடிக்கிட்டிருக்கா. பக்கத்துல அவ அம்மா, ‘அந்த மூலைக்குத் தண்ணி ஊத்துடி’ன்னு சொல்லிக்கிட்டிருக்கா. என் ஊரை அழிச்சுட்டுப் புதுசா ஒரு ஊர் ஆரம்பிச்சிருக்காக. அதுல ஆளோட பேரு விஜயபாண்டி. உங்களுக்கு அங்க இப்ப ஒரு மாடும், கோழிக்கூண்டும், நல்ல வெள்ளாமையும் இருக்கு. பூக்கடைப் பக்கம் மட்டும் உங்களை விடுறதில்லை. குடும்மா, மாப்பிள்ளைக்குப் பார்சல் அனுப்பணும்னேன். ‘பொட்டி வேணும்னா அவியளே போன் பண்ணிக் கேக்கட்டும், உங்க போனுக்கு இல்ல, என் போனுக்கு’ன்னுட்டா. சொல்லிட்டுப் போனை எடுத்து சார்ஜ் இருக்கான்னு பாத்துக்கிட்டா. அதனால மேல ஏறுறதுக்கு முந்தி எப்படியாவது கூப்பிட்டுருங்க மாப்பிள்ளை. கூப்பிட்டதும் எடுத்த எடுப்புல மெஷினைக் கேட்டுறாதிய. சாப்பிட்டியான்னு கேளுங்க. சாப்பிட்டுத்தான் இருப்பா. இருந்தாலும் கேளுங்க.